வாத்து கோழிக்கு எத்தனையாவது பங்காளி?

திருவொற்றியூர்,
18.9.2005

என் வீட்டுக்காரியின் உடன்பிறந்த தம்பியும், காலேஜில் பிராணிகளைப் பற்றிப் பாடம் நடத்திவிட்டு எங்கள் வீட்டுக்கு வந்து அதே பிராணிகளைத் தின்கிறவருமான மச்சான் அருள்பிரகாசம் அவர்களுக்கு, மாமன் ஜெயவேல் எழுதிக்கொண்டது. இங்கே அனைவரும் சுகம். ஓர் ஆள் கூடியிருக்கிறது, அதுவும் சுகம். உன் அக்காள் சொக்கம்மாள் சுகம், அதனால் நானும் சுகம். நீ சுகமாக இருப்பதா வேண்டாமா என்பதை இதைப் படித்து முடித்த பிறகு நீயே யோசித்து முடிவு செய்துகொள்ளவும்.

நம்ம பொண்ணு கார்குழலிக்குப் பெண் குழந்தை பிறந்த சேதியை வெள்ளிக்கிழமை சாயங்காலமே பூத்திலிருந்து சொல்லிவிட்டேன். அப்போது உன் அக்காள் ரிசீவரைப் பிடுங்கி, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உன்னிடம் தனியாக என்னவோ கேட்டாள். குழந்தை யார் ஜாடை என்று சொல்கிறாளாக்கும் என்று நான் வெளியே நின்று பீடி பிடித்துக்கொண்டிருந்தேன். அது கிடக்கட்டும். அன்றைக்குக் காலையில் நான் மூச்சு இரைக்க உன்னைக் கூப்பிட்டு, "மச்சான், கோழியும் வாத்தும் எப்போ பாகம் பிரிஞ்சிச்சு?"ன்னு கேட்டேனே, நீகூட, "இன்னா மாமா, காலங்காத்தாலயே ஊத்திகினியா?"ன்னு கேட்டியே, அதுக்குக் காரணம் சொல்லத்தான் இந்தக் கடிதம். ஊத்திக்கவில்லை. நீ ஊத்திவிட்டுப் போனதைத்தான் நான் துடைத்துக்கொண்டிருந்தேன்.

கதையை முதலிலிருந்து கேள். கார்குழலிக்கு ஏற்கனவே இரண்டு தங்கவில்லை என்று உனக்குத் தெரியும். மூன்றாவதாக இது தங்கியதும் உன் அக்காள் நேராகத் தெருக்கோடி அம்மன் முன்னால் போய் நின்று, "தாயி, புள்ள நல்லபடியா பொறக்கற வரைக்கும் என் வூட்ல யாரு வாயிலயும் கோழி படாது"ன்னு வேண்டிக்கொண்டு வந்துவிட்டாள். யாரு வாயிலயும்! என் வாயை அடகு வைக்கிறதுக்கு முன்னால் என்னை ஒரு வார்த்தை கேட்டாளா? மீனைத் தின்னுய்யா என்கிறாள். காசிமேட்டில் மீன் கூடை தூக்கியே முதுகு வளைஞ்சவன் நான். வஞ்சிரத்தைத் தட்டில் பார்த்தாலும் எனக்கு அதன் வெயிட்டுதான் ஞாபகம் வருது. ஞாயித்துக்கிழமையானா எனக்குக் கோழி வேணும் மச்சான், அவ்வளவுதான் என் ஆசை, இந்த வயசில் வேறே ஆசையெல்லாம் டாக்டர் வேணாம்னுட்டான்.

அப்போதான் மொஹ்சின் வந்தான். தண்டையார்பேட்டையில் கறிக்கடை வெச்சிருக்கானே, அவன்தான். மீஞ்சூர்ப் பக்கம் போய் வண்டிக்குப் பின்னால் கூடை கட்டி வாத்து எடுத்துகினு வருவான். "நைனா, வேண்டுதல் கோழிக்குத்தானே? வாத்துக்கு இல்லியே?"ன்னான். நான் திருட்டுத்தனம் ஏதும் பண்ணவில்லை, உங்கக்காகிட்டயே போய்க் கேட்டேன். அவளும் மோட்டுவளையைப் பார்த்துவிட்டு, "வாத்துன்னு நான் வாயத் தொறந்து சொல்லலியே"ன்னா. அன்னியிலிருந்து ஞாயித்துக்கிழமை தோறும் மிளகு போட்டு வாத்து வறுவல். அவளே வறுத்தாள், அவளும் ரெண்டு துண்டு போட்டுக்கொண்டாள், எல்லாரும் சந்தோஷம், வாத்து ஒண்ணைத் தவிர.

அப்பால நீ வந்தே. வளைகாப்புக்கு வந்தவன் வளைகாப்போடு போயிருக்கலாம். ஞாயித்துக்கிழமை வரைக்கும் குந்தி, வாத்துக் காலைக் கடிச்சி எலும்பை உறிஞ்சிகினே ஆரம்பிச்சே பாரு.

"மாமா, சோக்கா கீது. கோழி மாரியே கீதுல்ல? இல்லாம இன்னா, ரெண்டும் ஒரே வம்சம்."

நான் சும்மா இருந்திருக்கணும். "இன்னாய்யா பீலா வுடற, அது தரை, இது தண்ணி"ன்னேன். உடனே கையைக்கூடக் கழுவாம வகுப்பு எடுத்தே. கோழி, காடை, கவுதாரி, வான்கோழி, மயில் எல்லாம் ஒரு பக்கம், வாத்து, பெருவாத்து, அன்னம் எல்லாம் இன்னொரு பக்கம், ரெண்டு பக்கமும் ஒரே தாய்வேர், அந்த மொத்தக் குடும்பத்துக்கும் பேரு காலோஆன்செரேன்னே. அப்படின்னா இன்னா அர்த்தம்னேன். "லத்தீன் மாமா. காலஸ்னா சேவல், ஆன்சர்னா பெருவாத்து"ன்னே. இம்மாம் படிச்சவங்க கூடி யோசிச்சி, கடைசியில ரெண்டு பேரையும் பக்கத்துல வெச்சி பசை தடவி ஒட்டியிருக்காங்க. இதுக்கு மொஹ்சினைக் கேட்டிருந்தா கோழிவாத்துன்னு பைசா வாங்காம சொல்லியிருப்பான்.

"தமிழ்ல ரெண்டுக்கும் சேத்து ஒரு பேரே இல்ல மாமா. நம்மாளுங்க கோழின்னு பேரு வெச்சதுல பாதி கோழியே கெடையாது. நீர்க்கோழி கோழி இல்ல. நெருப்புக்கோழி கோழி இல்ல. பேர்ல கோழியே இல்லாத வாத்துதான் நெஜமான சொந்தம்."

"நம்ம குடும்பத்துலயும் அப்படித்தான்யா. மாமா மாமான்னு வர்றவன் எவனும் சொந்தம் கெடையாது, சொந்தக்காரன் எவனும் மாமான்னு கூப்புடறதில்ல"ன்னு நான் சொல்ல, நீ சிரிக்க, நான் சிரிக்க. உள்ளே கரண்டிச் சத்தம் நின்னுபோச்சி. அது ஏன்னு நாம ரெண்டு பேருமே கவனிக்கல.

அதுக்கப்புறம் வூட்ல வாத்து இல்லை. கேட்டா, "ஒடம்புக்குச் சூடு"ன்னா. நம்பினேன். வெள்ளிக்கிழமை விடிஞ்சதும் கார்குழலிக்கு வலி கண்டுச்சி. மாப்ளே பாரி பதறிப்போய் அவளை ஆட்டோவில் ஏத்திகினு ராயபுரம் ஆஸ்பத்திரிக்கு முன்னாடி போயிட்டான். உங்கக்கா பழைய நூல்புடவை, பிளாஸ்க்கு, சோப்பு டப்பா எல்லாத்தையும் பையில் போட்டு, ஜிப்பை இழுத்து மூடி, பையை என் கையில் குடுத்துட்டு, அடுப்பு பக்கத்துல போய் குந்திகினா.

"நீ போயா. நான் வர்ல."

"இன்னாடி வர்ல? பொண்ணு அங்க கத்திகினு கீது!"

"வேண்டுதல முறிச்ச கையி இது. இந்தக் கையோட போயி புள்ளயத் தொட்டா ஆவுமா? வாரா வாரம் கோழியோட பங்காளிய வறுத்து உங்களுக்கெல்லாம் போட்டுகீறேன். பத்தாததுக்கு அன்னம் வேற அதுக்குச் சொந்தமாம். சரஸ்வதி வாகனம்யா! படிச்ச புள்ள, என் தம்பி பொய்யா சொல்லுவான்?"

நான் ஒரு ஜோக்கு அடிச்சேன். "முருகனைப் பாரு, கொடிக்கு சேவல், வண்டிக்கு மயிலு, ரெண்டு பேரையும் ஒரே வூட்லருந்து வேலைக்கு வெச்சிகினாரு, அவருக்கு இன்னா கொறஞ்சி போச்சி?"ன்னேன். சொம்பு பறந்து வந்துச்சி. நான் குனிஞ்சதாலே செவுத்துக்குத்தான் அடி.

அதுக்குள்ள பாரி அதே ஆட்டோவில் திரும்பி வந்துட்டான். சட்டையெல்லாம் நனைஞ்சி, முகம் வெளுத்து நிக்கறான். "மாமா, அத்த எங்க? அம்மா வந்தாத்தான் உள்ள போவேன்னு கார்குழலி கட்டிலைப் புடிச்சிகினு கீது. நர்ஸம்மா கத்தறாங்க." சொக்கம்மா அதைக் கேட்டு முந்தானையை வாயில் வெச்சி அழுதாளே தவிர எழுந்திரிக்கல. ஏற்கனவே ரெண்டு தபா அந்த ஆஸ்பத்திரியிலிருந்து வெறுங்கையோட திரும்பி வந்தவ என் பொண்ணு. இந்தத் தபா அம்மா முகத்தைப் பார்க்காம உள்ளே போறதுக்கு அவளுக்கு தெம்பில்லை.

சிரிச்சி மழுப்பினா நடக்காதுன்னு தெரிஞ்சிபோச்சி. சொந்தமே இல்லைன்னு சாதிக்கலாம்னா உங்கக்காவுக்கு அம்மனுக்கு அடுத்தபடி நீதான். அப்போதான் பளிச்சின்னு ஒண்ணு ஞாபகம் வந்துச்சி. போன தையில எங்க பங்காளி வகையில் ஒரு கெழவனை மூலக்கொத்தளத்துல பொதைச்சோம். உங்கக்காவேதான் அன்னிக்கி, "அதெல்லாம் அஞ்சாறு தலமொறைக்கு முன்னாடியே தள்ளிப்போன பங்காளி, தீட்டு கெடையாது, ஒரு சொம்பு தண்ணி ஊத்திகினா போதும்"னு சொல்லிட்டு, அன்னிக்கே கல்யாண வூட்டுக்குக் கெளம்பிட்டா. ஆக, சொந்தம்னு ஒத்துக்குவோம், எத்தினி தலைமுறை தள்ளின சொந்தம்னு கேப்போம்னு பூத்துக்கு ஓடினேன். நீ என்னைத் திட்டி முடிச்சிட்டு சொன்னே. "ஆறரைக் கோடி வருஷத்துக்கும் முன்னாடியே மாமா. டைனோசர் அழியறதுக்கு முன்னாடி. பனிக்கண்டத்துல கெடச்ச எலும்பைப் பத்தி இந்த வருஷம்தான் எழுதிகீறாங்க, அப்பவே வாத்துச் சொந்தம் ஒண்ணு தனிக்குடித்தனம் இருந்திருக்கு. வாத்து அப்பவே தனின்னா, கோழி அதுக்கும் முன்னாடியே பிரிஞ்சிருக்கணும்ல?" நீ வாங்கற சம்பளத்துக்கு அன்னிக்கித்தான் வேலை பார்த்தே.

திரும்பி வர்றப்போ ஒரு பலத்துக்கு இருக்கட்டும்னு, அம்மனுக்குப் பூசை பண்ற கெங்கம்மாவையும் கையோட இஸ்துகினு வந்தேன்.

"இந்தா சொக்கு, அஞ்சாறு தலமொற தாண்டினா தீட்டு இல்லன்னு நீதானே சொன்னே?"

"சொன்னேன்."

"கோழியும் வாத்தும் பிரிஞ்சி ஆறரைக் கோடி வருஷத்துக்கு மேல ஆவுது. உன் தம்பியே இப்போ சொன்னான். கோழிக்கு வருஷம் திரும்பினா பேரன் பேத்தி. எத்தினி தலமொறன்னு நீயே எண்ணிக்கோ. வாத்து செத்தா கோழி தல முழுகுதா? நீ பாத்துகீறியா? அப்பறம் இன்னாத்துக்கு சொந்தம்?"

சரி, அவ மடங்கிட்டான்னு நான் பையைத் தூக்கினேன்.

"கோழி முழுகல. வாத்து முழுகுதே."

"இன்னா?"

"வாத்து நாள் பூரா தண்ணியில தலய உட்டு முழுகிகினே கீதே, ஏன்? ஊர்ல தெனம் எத்தினி கோழி சாவுது, கடை கடையா தொங்குது! அது தீட்டு காக்குதுய்யா. அந்த வாயில்லா ஜீவன் இத்தினி கோடி வருஷமா சொந்தத்த மறக்கல. நான் அதுக்கு மொளகு போட்டுகீறேன்."

மச்சான், இதுக்கு உங்க காலேஜ்ல யாராச்சும் பதில் வெச்சிருந்தா எழுது. பாரி சுவத்துல சாய்ஞ்சிட்டான். கெங்கம்மாதான் வெத்தலையைத் துப்பிட்டு வந்து சொக்கம்மா எதிரே குந்தினா.

"ஏம்மே, நீ அம்மன்கிட்ட இன்னான்னு சொன்னே?"

"கோழின்னு."

"கோழி, அதோட பங்காளி, அதோட சம்பந்தின்னு சொன்னியா?"

"இல்லக்கா."

"அவ உன் தம்பி கிளாசுல வந்து குந்தினாளா? நீ கோழின்னே, அவ கோழின்னு எடுத்துகினா. நீ சொன்னதுக்கு மேல ஒரு எலும்புகூட அவ கேக்கமாட்டா. அங்க ஒருத்தி அம்மா எங்கன்னு கேட்டுகினு கீறா, அதுக்கு இன்னா பதிலு சொல்லப்போற?"

சொக்கம்மா என் கையிலிருந்து பையைப் பிடுங்கினா. அவ்ளோதான். ஆட்டோவில் நாங்க ஏறி முடிக்கல, "ஓட்டுய்யா"ன்னுட்டா. வழியெல்லாம் ஹார்பருக்குப் போற கண்டெய்னர் லாரிங்க வரிசைகட்டி நிக்கறதை நீதான் பார்த்திருக்கியே, எறும்பு நுழையாது. உங்கக்கா ஆட்டோவிலிருந்து பாதி உடம்பை வெளியே நீட்டி, ஒவ்வொரு டிரைவர் பரம்பரையையும் பேர் சொல்லிக் கூப்பிட்டுகினே வந்தா. லாரிங்க ஒதுங்கினதைப் பார்த்தா அந்த டைனோசர் எதுக்கு செத்துச்சின்னு எனக்கு ஒரு சந்தேகம்.

ஆஸ்பத்திரியில் சோப்புப் போட்டு முழங்கை வரைக்கும் தேய்ச்சித் தேய்ச்சிக் கழுவினா. பிறகு உள்ளே போனா. நான் வெளியே ஒரு டீ வாங்கி அத்தக் குடிக்காமலே ஆறவெச்சேன், இன்னொண்ணு வாங்கி அத்தயும் ஆறவெச்சேன். அப்பால ஒரு சத்தம் கேட்டுச்சி. அது கோழி மாதிரியும் இல்லை, வாத்து மாதிரியும் இல்லை, அசல் உங்கக்கா மாதிரி. தாயும் சுகம், பிள்ளையும் சுகம்னு நர்ஸம்மா சொன்னதும் பாரி என்னைக் கட்டிப் பிடிச்சான், நான் டீக்கடைக்காரனைக் கட்டிப் பிடிச்சேன். உங்கக்கா வெளியே வந்தப்போ குழந்தை அவ கையில் இருந்துச்சி. வேண்டுதல முறிச்ச கைன்னாளே, அதே கை மச்சான்.

வேண்டுதல் முடிஞ்சது. என் வாய் எனக்கே திரும்பி வந்தது. இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. மொஹ்சினிடம் நல்ல நாட்டுக்கோழியாக ஒன்று சொல்லிவைத்திருக்கிறேன். பாப்பாவுக்குப் பேர் வைக்கிற நாளைக்குத் தங்கச்சியையும் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு கட்டாயம் வரவும். வெறுங்கையோடு வந்தாலும் பரவாயில்லை, வாயை மூடிக்கொண்டு வரவும். உங்கள் வீட்டு அடுப்பும் அண்டாவும் என்றைக்கும் நிறைந்திருக்க, தெருக்கோடி அம்மன் உங்களையும் பார்த்துக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
உன் அக்காளிடம் உன்னையும் சேர்த்துக் காப்பாற்றிய மாமன்,
ஜெயவேல்

பின்குறிப்பு: கவரை ஒட்டறதுக்குள்ள எல்லாம் கெட்டுப்போச்சி. வெந்நீர் கொதிக்குது, மொஹ்சின் கோழியோட வாசலில் வந்து நின்னான், உங்கக்கா அவனை அப்படியே திருப்பி அனுப்பிட்டா. காலையில் கோயிலுக்குப் போய், பாப்பாவுக்கு மொட்டை அடிச்சி காது குத்தற வரைக்கும்னு புதுசா ஒரு வேண்டுதல் வெச்சிட்டு வந்திருக்கா. இந்தத் தபா கெங்கம்மாவை சாட்சிக்கு நிக்கவெச்சி, "தாயி, என் வூட்டு வாசப்படியில காலோஆன்செரே எதுவும் ஏறாது"ன்னு ஒரு எழுத்து பிசகாம சொல்லியிருக்கா. வெள்ளிக்கிழமை ரிசீவரைப் பிடுங்கி உன்கிட்ட கேட்டது இந்தப் பேரைத்தானாமே! நீயும் பெருமையா ரெண்டு தபா சொல்லிக் குடுத்தியாமே! கோழி போச்சி, வாத்து போச்சி, காடைகூடப் போச்சி. "அந்தப் பேரு அம்மனுக்கே புரியாதேடி"ன்னு மடக்கிப் பார்த்தேன். "அவளுக்குப் புரிய வேணாம்யா, உனக்குப் புரிஞ்சா போதும்"னுட்டா. மச்சான், புறா எந்தப் பக்கம்? உடனே எழுது. வூட்டு விலாசத்துக்கு வேணாம், மொஹ்சின் கடைக்குப் போடு.