சீனி டின்னும் நாய்க்குட்டிப் பாடமும்

கூச்சம் உள்ளவர்களுக்குத் தலையாட்டுவதுதான் தாய்மொழி. கேள்வி என்னவென்று புரிவதற்குள் தலை ஆடிவிடும். என் தலை அப்படி ஆடியதில் ஒரு கொட்டகைப் பிள்ளைகளுக்கே வயிறு போனது.

கூலாய்ப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் இருந்தோம். கல்யாணமாகி வந்த புதிது. புல் வெட்டில் அட்டைக்கடி பட்டுக்கொண்டிருந்த என்னைக் கங்காணி ஆயாக் கொட்டகைக்கு மாற்றினார். தாய்மார் ரப்பர் பால் எடுக்கப் பால்மரம் வெட்டப் போனதும் பிள்ளைகளை நான் பார்த்துக்கொள்ள வேண்டும். நிழலில் வேலை. ஆனால் கொட்டகையில் சத்தம் கேட்டால் மறுபடி புல்லுதான் என்று சொல்லியிருந்தார். (அவருடைய கொழுந்தியாளும் அந்த வேலைமேல் கண் வைத்திருந்தாள்.)

பிள்ளைகளோ விடிந்ததிலிருந்து சிணுங்கின. தூக்கினால் நிறுத்தும், இறக்கினால் தொடங்கும்.

எதிரே துரை பங்களா. துரைசாணி தன் நாய்க்குட்டியைப் பழக்குவதை வேலி வழியாகப் பார்த்தேன். குட்டி ஊளையிட்டால் முதுகைத் திருப்பிக்கொள்வாள். வாயை மூடியதும் ஒரு பிஸ்கட். சில நாளில் குட்டி பெரிய மனுஷன் மாதிரி உட்கார்ந்துவிட்டது. அந்தப் புத்தி நமக்கு வரக்கூடாதா என்று தோன்றியது. (மூன்றாம் வகுப்பு படித்தவள் வேறு, கேட்க வேண்டுமா.)

மறுநாளே ஒரு பால் டின்னில் சீனி கொண்டுபோனேன். அழும் பிள்ளைக்கு முதுகு. நிறுத்தும் பிள்ளைக்கு நாக்கில் ஒரு சிட்டிகை. அன்று முழுதும் அமைதி. எனக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது.

நாய்க்குட்டிக்கு எட்டாத ஒன்று பிள்ளைகளுக்கு எட்டியது. நிறுத்தினால் சீனி, சரி. நிறுத்துவதற்கு முதலில் அழ வேண்டுமே. அதுவரை அழுதே அறியாத முனியம்மா மகன்கூட என் முகத்தைப் பார்த்து ஒரு பாட்டம் அழுது, சட்டென்று நிறுத்தி, நாக்கை நீட்டினான்.

அந்த நேரம் பார்த்துத் துரை கொட்டகையைப் பார்வையிட வந்தார். கூடவே கணக்கெழுதும் கிராணியும் கங்காணியும். மறைக்கலாமென்று டின்னை எடுத்தேன். டின்னைக் கண்டதும் அத்தனை வாயும் சேர்ந்து திறந்தன. மரம் வெட்டிக்கொண்டிருந்த தாய்மார் வாளியைப் போட்டுவிட்டு ஓடிவந்தார்கள். நான் என்ன செய்தேன்? பாடத்தில் உள்ளபடி முதுகைக் காட்டி நின்றேன். துரைக்கும் சேர்த்துத்தான்.

"ஏம்மா, தொர இங்க நிக்கிறாரு. அந்தப் பக்கம் என்ன இருக்கு?" என்றார் கங்காணி.

திரும்பினேன். துரை இங்கிலீஷில் ஏதோ கேட்டார். "புள்ளைங்களுக்கு வயித்து வலியான்னு கேக்கறாரு," என்றார் கிராணி. சீனி என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். அதற்குள் தலை ஆடிவிட்டது.

"எல்லாருக்குமா?" என்றார் கிராணி.

அதற்கும் ஆடியது.

தோட்டத்து ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர் பெரிய போத்தலோடு வந்தார். நான் சீனி வைத்த நாக்குகளில் எல்லாம் விளக்கெண்ணெய் இறங்கியது. பிற்பகலில் கொட்டகை இருந்த நிலை எழுதத் தகாது. தாய்மார் என்னைத் திட்டியது அதைவிடத் தகாது.

கங்காணி மூக்கைத் துண்டால் பொத்திக்கொண்டு வந்து, நாளைக்கு நீ புல்லுக்குப் போ என்றார். கொழுந்தியாளையும் கையோடு கூட்டி வந்திருந்தார். அவள் வாசலில் நின்று உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"மாமா, எனக்குப் புல்லே போதும்," என்று திரும்பி நடந்துவிட்டாள். வேறு யாரும் கேட்டு வரவில்லை. வேலை எனக்கே நிலைத்தது.

இப்போதும் எங்கள் வீட்டில் யாராவது வேலை போய்விடுமோ என்று முனகினால், என் வீட்டுக்காரர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமலே சொல்வார்: "ஆபீஸ்ல எல்லாருக்கும் வெளக்கெண்ண ஊத்தி வுடு. ஒன் எடத்துக்கு ஒருத்தனும் வரமாட்டான்."