நானூற்றுப் பன்னிரண்டு கவலைகள் கடலுக்குப் புறப்பட்ட வரலாறு

என் பெயர் நே லின் துன். வயது இருபத்துமூன்று. சொந்த ஊர் பர்மாவில் தவாய். இப்போது இருப்பது தாய்லாந்தின் மகாச்சாயில், கால்வாய் ஓரத்து இறால் ஆலையின் தொழிலாளர் விடுதி, மூன்றாம் மாடி. உலகத்தில் கவலையே இல்லாத மனிதர்கள் மொத்தம் நானூற்றுப் பன்னிரண்டு பேர். அவர்களில் நான் முந்நூற்று ஏழாவது ஆள். இதை நானாகச் சொல்லவில்லை. ஆலை நிர்வாகம் முத்திரை குத்திக் கொடுத்த சான்றிதழ் சொல்கிறது.

அக்கா, இதை நீ அம்மாவுக்கு வாசித்துக் காட்டுவாய். ஐஸில் ஊறிய என் விரலை இந்தப் போன் மதிப்பதில்லை. அதனால் பேசித்தான் எழுதுகிறேன். நடுவில் இருமல் வந்தால் அதையும் ஏதாவது சொல்லாக்கிப் போட்டிருக்கும். பொறுத்துக்கொள்.

நான் கவலைப்படுகிறவன் என்பது உனக்குத் தெரியும். குளியலறைக் குழாயை மூடினேனா, செருப்பை யாராவது மாட்டிக்கொண்டு போனார்களா, அம்மா மாத்திரையைச் சாப்பாட்டுக்கு முன் போட்டாளா பின் போட்டாளா என்று ஒரு நாளுக்கு நாற்பது கவலை வைத்திருப்பேன். இவற்றோடு ஆலைக் கவலை இரண்டு உண்டு. நான்கு மாதமாக நான் இரண்டாம் கூடத்தில், காற்றை உறிஞ்சிப் பையை ஒட்டும் இயந்திரத்தில் நிற்கிறேன். என் தலைக்கு மேலே உறைபெட்டிக்குப் போகும் அமோனியா குழாய். அதன் மூட்டில் பிளாஸ்டிக் நாடா சுற்றியிருக்கிறார்கள். அதையும் மீறி மூக்கில் ஊசி குத்துகிற மாதிரி ஒரு வாசனை. இது முதலாவது. இரண்டாவது, என் முதுகுக்குப் பின்னால் இருக்கும் பின்வாசல். யாரோ புகை பிடிக்கப் போகிறார்கள் என்று அதற்குச் சங்கிலி போட்டுப் பூட்டியிருக்கிறார்கள். குழாய் விட்டுக்கொண்டால் அறுபது பேர் எந்த வழியாக ஓடுவது?

இதை மூன்று முறை மொழிபெயர்ப்பாளரிடம் எழுதி வாங்கிக் கொடுத்தேன். பணியாளர் துறைத் தலைவி பிம் மேடம் மூன்றாவது முறை என்னை உட்காரச் சொல்லி, குடிக்கத் தண்ணீர் கொடுத்து, மிகுந்த கனிவோடு பேசினார்.

"தம்பி, குழாய் பிரச்சினை இல்ல. குழாயப் பத்தி நீ நெனைக்கிற பார், அதான் பிரச்சினை."

எவ்வளவு ஆழமான வார்த்தை! அந்த ஆழத்திலிருந்துதான் 'கவலை ஒழிப்பு இயக்கம்' பிறந்தது. நாடா மாற்றச் செலவு செய்வதற்குப் பதிலாக, பாங்காக்கிலிருந்து ஒரு மனநிம்மதி நிபுணரை நிர்வாகம் வரவழைத்தது. ஆசான் வோரவுத். வெள்ளைச் சட்டை, வெள்ளைக் காலுறை. இறால் ஆலைக்கு வெள்ளைக் காலுறையோடு வரும் மனிதருக்கு உண்மையிலேயே கவலை கிடையாது என்று பார்த்ததும் நம்பிவிட்டேன்.

முதல் வகுப்பு இரண்டாம் கூடத்தில், வேலை நேரத்தில் நடந்தது. ஆசான் தாய்லாந்து மொழியில் பத்து நிமிடம் பேசினார். எங்களுக்கு அதைப் பர்மிய மொழியில் சொல்ல வேண்டியது கின் ஸா அக்கா. ஆலையின் மொழிபெயர்ப்பாளர் அவர்தான்; அலுவலகம் எங்களிடம் பேசுவதெல்லாம் அவர் வாய்வழிதான். பதினெட்டு வருடமாக அவர் நாக்கு இங்கே சம்பளம் வாங்குகிறது.

"மூச்ச இழுக்கணுமாம். அப்புறம் விடணுமாம்" என்றார் கின் ஸா அக்கா.

"பத்து நிமிஷம் பேசினாரே அக்கா?"

"மிச்சமெல்லாம் அவரு எந்தெந்த ஊருல இதச் சொன்னாருங்கற கதடா."

இழுத்தோம். அறுபது பேரும் குழாய் மூட்டுக்குக் கீழே நின்று நெஞ்சு நிறைய இழுத்தோம். அடுத்த நொடி அறுபது பேரும் இருமினோம். ஆசான் பரவசமாகிவிட்டார்.

"பாத்தீங்களா! உள்ள கெடந்த கவலை வெளிய வருது!"

அவரும் எங்களுக்குக் காட்டுவதற்காக இழுத்தார். கண்ணிலிருந்து பொலபொலவென்று கொட்டியது. "இருபது வருஷமா சொல்லித் தர்றேன், இவ்ளோ சீக்கிரம் மனசு தெறந்த எடத்த நான் பாத்ததே இல்ல" என்று பிம் மேடத்தின் கையைப் பிடித்துக்கொண்டார். மேடமும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் வாசலுக்கு வெளியே நின்றதால் அவருடையது மட்டும் சொந்தக் கண்ணீர்.

அன்றே திட்டம் வகுக்கப்பட்டது. தாய்லாந்துக் கணக்கில் பன்னிரண்டாம் மாதப் பௌர்ணமி, நவம்பரில் வருகிறது. ஊரே வாழைத்தண்டில் தெப்பம் செய்து, பூவும் ஊதுபத்தியும் வைத்து ஆற்றில் விடும் நாள். அந்த நாளில் ஒவ்வொரு தொழிலாளியும் தன் கவலையை ஒரு தாளில் எழுதி, தெப்பத்தில் வைத்து, கால்வாயில் விட வேண்டும். கவலை கடலுக்குப் போகும். தொழிலாளி வேலைக்குப் போவான். ஒருவருக்கு ஒரு கவலை, ஒரு வரி, தாய்லாந்து மொழியில் மட்டும்.

தாய்லாந்து மொழியில் எங்களுக்கு எழுத வருமா? சாப்பாட்டுக்கூடத்தில் கின் ஸா அக்கா முன்னால் வரிசை கட்டினோம்.

"உன் கவலை என்ன?"

"குழாய் அக்கா."

"அடுத்து?"

"பின்வாசல் பூட்டு."

"அடுத்து?"

"குழாய்தான்."

இருநூற்று முப்பதாவது குழாயில் அக்கா பேனாவைக் கீழே போட்டார். "கை கழண்டு போச்சுடா. ஒருத்தனாச்சும் காதல் கவலைன்னு சொல்லக் கூடாதா? சோறு வேகலன்னு சொல்லக் கூடாதா? ஏய் நே லின், நீ நாப்பது கவல வச்சிருப்பியே, வேற ஒண்ணு எடுத்து விடேன்!"

"இன்னொண்ணு இருக்கு அக்கா. நாலு மணிக்குத் தெப்பம் விடறாங்களாமே? பௌர்ணமி அன்னிக்கு நாலு மணிக்கு மேல கடல் தண்ணி உள்ள ஏறும். போனது திரும்பி வரும்."

நானும் கழிமுகத்தில் பிறந்தவன்தானே. தண்ணீர் எப்போது ஏறும், எப்போது இறங்கும் என்பது பசி மாதிரி எனக்குத் தெரியும். காலையில் இறங்குகிற நீர் எங்கே கொண்டுபோகும் என்பதும் தெரியும்: கால்வாய் வளைவில் தொழிலாளர் நல அலுவலகத்தின் படித்துறை இருக்கிறது, எங்கள் ஆலையிலிருந்து விழும் தெர்மாகோல் பெட்டிகள் எல்லாம் அங்கேதான் ஒதுங்கும். குப்பை போடாதீர்கள் என்று அவர்கள் இரண்டு முறை கடிதம் அனுப்பியிருக்கிறார்கள்.

நீரேற்றக் கவலையை கின் ஸா அக்கா மேடத்திடம் சொன்னார். மேடம் ஆசானிடம் சொன்னார். ஆசான் என் தோளில் கை வைத்தார்.

"தம்பி, தண்ணியப் பத்திக் கவலப்படாத. தண்ணி கவலப்படுதா?"

தலையாட்டினேன். ஆனாலும் பழக்கம் விடுமா? தாள் நனைந்துவிட்டால் கவலை பாதி வழியில் அழிந்துபோகுமே என்று இன்னொன்று கிளம்பியது. இதை மட்டும் நிர்வாகம் ஏற்றுக்கொண்டது. எங்களிடம்தான் இயந்திரம் இருக்கிறதே. நானூற்றுப் பன்னிரண்டு கவலைகளையும் ஏற்றுமதிப் பையில் போட்டு, காற்றை உறிஞ்சி ஒட்டினேன். ஒட்டிய பையில் சீட்டு ஒட்டாமல் விட எங்கள் கைக்குத் தெரியாது. எந்தப் பை எந்தக் கூடத்தில், எந்த வரிசையில், யார் கையால் ஆனது என்று வாங்குகிறவன் கண்டுபிடிக்க வேண்டும் அல்லவா? ஆகவே ஒவ்வொரு கவலைக்கும் ஆலையின் பெயர், தேதி, கூடத்தின் எண், ஆள் எண். உறைய வைத்தால் பதினெட்டு மாதம் கெடாது.

இவற்றில் இரண்டு, முன்மாதிரியாக நிர்வாகம் கொடுத்த கவலைகள். மேலாளர் தவீசக்கும் பிம் மேடமும் மேடையேறி, கெட்டி அட்டையில் ஆளுக்கொரு கவலையை எழுதினார்கள். "மனசுல ரொம்ப அடியில கெடக்கறத எழுதுங்க. இத யாரும் படிக்கப் போறதில்ல, கடலுக்குப் போறது" என்று ஆசான் சொல்லியிருந்தார். கைதட்டினோம். அந்த இரண்டையும் நான்தான் ஒட்டினேன். எனக்கு அந்த எழுத்து வாசிக்க வராது. சீட்டு இயந்திரம் தன் பங்குக்கு 'அலுவலகம் 1', 'அலுவலகம் 2' என்று அடித்துக் கொடுத்தது.

பௌர்ணமி. மணி நான்கு. தெப்பம் விடும் முன்பே சான்றிதழைக் கொடுத்துவிட்டார்கள். எங்கள் ஆலையில் எந்த வேலையும் காகிதத்தில் முன்கூட்டியே முடிந்துவிடும். சரக்கு ஏற்றும் மேடையில் வரிசையாக நின்று தெப்பங்களை விட்டோம். நானூற்றுப் பன்னிரண்டு தெப்பங்களும் ஊதுபத்திப் புகையோடு முப்பது மீட்டர் போயின. மேலாளர் பேசினார். "இன்று முதல் இந்த ஆலையில்…" என்று அவர் தொடங்கும்போது தெப்பங்கள் நின்றன. சற்று யோசித்தன. பிறகு, ஏதோ மறந்துவிட்டவர்கள் மாதிரி, மொத்தமாகத் திரும்பி எங்களை நோக்கி வந்தன.

"தள்ளுங்க! மூங்கில் எடுங்க!" என்று மேடம் கத்தினார்.

தள்ளினோம். தள்ளத் தள்ள வந்தன. ஆசான், "வரட்டும், வரவேற்போம், அதுவும் ஒரு பயிற்சிதான்" என்றபடி பின்னால் நகர்ந்தார். தண்ணீர் மேடையைத் தாண்டி முற்றத்தில் ஏறியது. வெள்ளைக் காலுறை முதலில் போனது. ஐந்தரைக்குக் கவலைகள் சாப்பாட்டுக்கூடத்துக்குள் நுழைந்தன. நாங்கள் பெஞ்சின் மேல் சம்மணம் போட்டுப் பௌர்ணமி விருந்து சாப்பிட, மேசைக்கு அடியில் எங்கள் கவலைகள் பூவோடும் பத்தியோடும் நிதானமாக வலம் வந்தன. ஒருவன் தன் ஆள் எண்ணைப் பார்த்துவிட்டு, "டேய், என்னுது! என்னத் தேடிக்கிட்டு வந்துருக்குடா!" என்று முத்தமே கொடுத்தான். சிரித்துச் சிரித்து எனக்கு விக்கல் எடுத்தது. ஆலையில் அப்படிச் சிரித்தது அன்றுதான்.

கூடையோடு தண்ணீரில் இறங்கிப் பைகளைப் பொறுக்கிக்கொண்டிருந்த கின் ஸா அக்காவின் காலில் ஒரு பை வந்து முட்டியது. எடுத்தார். அட்டையை மடிக்க முடியாததால் எழுத்து பளிச்சென்று தெரிந்தது. அக்காவின் சிரிப்பு நின்றது. தண்ணீருக்குள் துழாவி இன்னொன்றையும் எடுத்தார்.

"என்ன அக்கா?"

குரலைத் தாழ்த்தி வாசித்தார். "அலுவலகம் ஒண்ணு: 'ரெண்டாம் கூடத்துக் குழாய் டிசம்பர் சரக்கு போற வரைக்கும் தாங்கணும்.'"

"ரெண்டு?"

"'பின்வாசல் சாவியத் தொலச்சுட்டேன். ஏழு மாசமாத் தூக்கம் வரல.'"

விக்கல் நின்றுவிட்டது.

"எனக்கு நாலு மாசமாத்தான் அக்கா தூக்கம் வரல" என்றேன்.

"வாய மூடிட்டு சிரி. மேடம் பாக்குது" என்றார் அக்கா. சிரித்தேன். இரண்டு பைகளையும் மற்றவற்றோடு கூடையில் போட்டார்.

மறுநாள் காலை அலுவலகத்தில் அவசரக் கூட்டம். மூன்று மணி நேரம் ஆலோசித்து, தவறு கவலைகளிடம் இல்லை, நேரத்தில்தான் என்று முடிவு செய்தார்கள். என்னைக் கூப்பிட்டார்கள். தண்ணீர் தெரிந்தவன் நான் ஒருவன்தானாம். 'கவலை வெளியேற்ற ஒருங்கிணைப்பாளர்' என்று பதவி கொடுத்து, கழுத்தில் அட்டை மாட்டினார்கள். நான்கு மாதத்தில் முதல் முறையாக அலுவலகம் என் பேச்சைக் கேட்டு எழுதிக்கொண்டது.

"எப்ப விட்டா திரும்ப வராது?"

"நாளைக்குக் காலைல பத்து மணிக்கு விட்டா வரவே வராது மேடம்."

ஒரு வார்த்தை பொய் இல்லை, அக்கா.

இன்று காலை பத்து மணிக்கு விட்டோம். வாழைத்தண்டு நைந்துபோனதால் தெர்மாகோல் மூடிகளில் கட்டினோம். ஒட்டிய பை, ஆலையின் பெயர், கூடத்தின் எண், அலுவலகம் ஒன்றும் இரண்டும் உட்பட நானூற்றுப் பன்னிரண்டும் நல்ல பிள்ளைகளாக வளைவை நோக்கிப் போயின. கின் ஸா அக்கா கைகூப்பிக்கொண்டு நின்றார். பிம் மேடம் என் பக்கத்தில் வந்தார். கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது.

"தம்பி, நேரா கடலுக்குத்தானே போகும்?"

"மேடம், விட்டதப் பத்தி யோசிக்கக் கூடாதுன்னு ஆசான் சொல்லியிருக்காரு."

மேடம் மூச்சை இழுத்து, விட்டார். அவர் முகத்தில் ஏழு மாதமாக இல்லாத ஒரு நிம்மதி வந்தது. இதற்குத்தான் இந்த இயக்கத்தை நான் இவ்வளவு புகழ்கிறேன். நிர்வாகம் எங்களுக்குச் சொன்னதைத் தானும் செய்து காட்டியது. குழாயை விட்டது. சாவியை விட்டது. விடாமல் கூடத்துக்குள் பூட்டி வைத்திருப்பது எங்கள் அறுபது பேரை மட்டும்தான்.

இப்போது மணி ஒன்று நாற்பது. படித்துறையில் இன்னும் யாரும் எதையும் எடுத்ததாகச் செய்தி இல்லை. வழக்கம் போல் குப்பை என்று நினைத்திருப்பார்கள். இரண்டு மணிக்குச் சங்கு ஊதும், நான் குழாய்க்குக் கீழே போய் நிற்க வேண்டும். இன்று வாசனை கொஞ்சம் கூடுதலாக இருக்கிறது. அக்கா, இந்த வரியை அம்மாவுக்கு வாசிக்காதே. இது முழுவதையும் அப்படியே மகாச்சாயில் இருக்கும் நம் ஊர்க்காரர்கள் எல்லோருக்கும் அனுப்பு.

இதைப் படிப்பவர் யாராக இருந்தாலும் சரி, கால்வாய் வளைவுப் படித்துறைக்குப் போங்கள். அலுவலகம் 1, அலுவலகம் 2 என்று சீட்டு ஒட்டிய இரண்டு பைகளைத் தேடி எடுத்து, உள்ளே அதிகாரியின் மேசையில் வையுங்கள். அவர் கிளம்பும்போது சங்கிலி வெட்டும் கத்தரி ஒன்றைக் கொண்டுவரச் சொல்லுங்கள். இரண்டாம் கூடம், பின்வாசல். தட்டினால் உள்ளே நான் நிற்பேன்.