ஜெலுத்தோங் சேற்றில் நின்ற படகு

ஒன்றைப் பற்றிப் படித்து மட்டும் தெரிந்துகொண்டவருக்கு வரும் தைரியம், அதை நிஜமாகவே தெரிந்தவருக்கு வருவதில்லை. எனக்குப் படகுகளைப் பற்றி நிறையத் தைரியம் இருந்தது.

ஜார்ஜ்டவுனில் உல்லாசப் படகுகள் விற்கும் ஒரு சிறிய நிறுவனத்தில் அப்போதுதான் சேர்ந்திருந்தேன். அதுவரை நான் கடலில் போன ஒரே வாகனம், ஆட்களை அக்கரைக்கு ஏற்றிப் போகும் பட்டர்வொர்த் பெரி. (அதிலும் தலை சுற்றும்.) ஆனால் நாங்கள் விற்க வைத்திருந்த மோட்டார் செயிலரின் விளக்கப் புத்தகம் எனக்கு மனப்பாடம். மோட்டார் செயிலர் என்றால் பாதி பாய்மரப் படகு, பாதி மோட்டார் படகு. காற்று அடித்தால் பாய் விரிக்கலாம். அடிக்காவிட்டால் பெரிய டீசல் இன்ஜின் இருக்கிறது. வெயிலோ மழையோ, கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து சொகுசாக ஓட்டலாம்.

அதைப் பார்க்க வந்தவர் மணியம் அங்கிள். மாக் மண்டினில் இருந்த பட்டறையை மகனிடம் விட்டுவிட்டு, மனைவியோடு லங்காவி, அதற்கும் அப்பால் என்று சுற்றுவதாகத் திட்டம். மனைவி லெட்சுமி ஆன்ட்டியிடம் அப்படி எந்தத் திட்டமும் இல்லை. அவரிடம் ஒரு கேள்விதான் இருந்தது.

"இது சாயுமா?"

"சாயவே சாயாது ஆன்ட்டி. அடியில ரெண்டு பக்கமும் ரெண்டு கீல் இருக்கு, கால் மாதிரி. தண்ணி வத்திப் போனாகூட தரையில நேரா நிக்கும்."

"தண்ணி ஏன் வத்தப் போகுது?" என்றார் ஆன்ட்டி.

"சும்மா ஒரு பேச்சுக்கு, ஆன்ட்டி."

இந்தப் படகு விற்றால் வேலை நிரந்தரம் என்று முதலாளி சொல்லியிருந்தார். விற்காவிட்டால் என்ன என்று சொல்லவில்லை. நாகரிகமான மனிதர்.

படகை ஓட்ட காசிம் அண்ணே இருந்தார். கிளம்பும்போதே தெளிவாகச் சொன்னார். "தங்கச்சி, நீங்க பேசுங்க, நான் ஓட்டுறேன். மாத்திக்க வேணாம்."

பினாங்குப் பாலத்தை நோக்கித் தெற்கே போனோம். மணியம் அங்கிள் இன்ஜின் சத்தத்தைக் கண் மூடிக் கேட்டுக்கொண்டு வந்தார். நான் ஆன்ட்டிக்குக் கீழே உள்ள வசதிகளைக் காட்டினேன். படுக்கை அறை, அடுப்பு, பிறகு கழிவறை. கப்பல் கழிவறையில் கடல் நீரை உள்ளே இழுக்க ஒரு பக்கமும், வெளியே தள்ள மறுபக்கமும் திருப்ப வேண்டிய பிடி ஒன்று உண்டு. திருப்பிவிட்டுப் பம்ப் அடிக்க வேண்டும். புத்தகத்தில் படம் இருந்தது. படத்தில் அது இடப்பக்கமா வலப்பக்கமா என்பது அந்த நேரம் பார்த்து மறந்துபோனது. நான் உற்சாகமாகப் பம்ப் அடிக்க அடிக்க, பினாங்குக் கடல் நிதானமாக எழுந்து விளிம்பைத் தாண்டி ஆன்ட்டியின் செருப்பை நனைத்தது.

"இது நிக்குமா?" என்றார் ஆன்ட்டி.

காசிம் அண்ணே ஸ்டீரிங்கை என்னிடம் கொடுத்துவிட்டு வால்வை மூடக் கீழே ஓடினார். "நேரா மட்டும் பிடிங்க. வேற ஒண்ணும் செய்யாதீங்க!"

நேராகத்தான் பிடித்திருந்தேன். ஆனால் வலப்பக்கம் ஜெலுத்தோங் வந்துவிட்டது. கடலைப் பார்த்த எங்கள் அடுக்குமாடி வீடும், அதன் தாழ்வாரத்தில் அம்மாவும். (அந்த வழியாகப் போவேன் என்று முதல் நாளே சொல்லியிருந்தேன். அம்மா மாடி முழுக்கச் சொல்லியிருந்தார்.) அவ்வளவு தூரத்தில் போனால் ஓட்டுவது நான்தான் என்று எப்படித் தெரியும்? கொஞ்சமாகக் கரைப்பக்கம் திருப்பினேன். ஒரு கையை அசைத்தேன். இன்னும் கொஞ்சம் திருப்பினேன்.

அப்போது கீச் கீச்சென்று ஏதோ சத்தம் போட ஆரம்பித்தது.

"ஆன்ட்டி, பிரிட்ஜ் கதவு சரியா மூடல போல. கொஞ்சம் சாத்துங்க."

"மூடித்தான்மா இருக்கு."

"நல்லா அழுத்திப் பாருங்க."

ஆன்ட்டி நன்றாக அழுத்தினார். சத்தம் வேகமானது. அது ஆழம் குறைகிறது என்று எச்சரிக்கும் கருவி. விளக்கப் புத்தகத்தில் அதற்கென்று தனிப் பக்கமே உண்டு. ஒப்பித்தும் காட்டியிருப்பேன், யாராவது கேட்டிருந்தால்.

படகு மோதவில்லை. நிறுத்தத்துக்கு வந்த பஸ்போல மெதுவாக நின்றது. காசிம் அண்ணே நனைந்த கால்சட்டையோடு மேலே வந்து கடலைப் பார்த்தார், கரையைப் பார்த்தார், என்னைப் பார்க்கவில்லை. இன்ஜினைப் பின்னுக்குப் போட்டார். பின்பக்கம் சேற்றுத் தண்ணீர் கலங்கியதுதான் மிச்சம்.

"ஆயர் சூருட்" என்றார். "தண்ணி வடியுது. இனி சாயங்காலம் ஏறினாத்தான் கிளம்பலாம்."

கொஞ்ச நேரத்தில் தண்ணீர் முழுதாக வடிந்து, நாங்கள் பரந்த சேற்றின் நடுவில் இரண்டு பாய்மரத்தோடு நின்றோம். கொக்குகள் படகைச் சுற்றி நடந்தன. கரையோரம் மோட்டார் சைக்கிள்கள் வரிசையாக நின்று படம் எடுத்தன.

"சாயல, பாத்தீங்களா ஆன்ட்டி?" என்றேன். யாராவது ஏதாவது சொல்லத்தானே வேண்டும்.

போன் அடித்தது. அம்மா.

"ஏன்டி அங்கயே நிக்கிற? போட்டோ எல்லாம் எடுத்தாச்சு. போ லா."

"போக முடியாதும்மா. தண்ணி ஏறணும்."

அம்மா போனை விலக்கிக்கொண்டு, "தண்ணி ஏறணுமாம்!" என்று தாழ்வாரத்துக்கு அறிவித்தது கேட்டது. நாற்காலிகள் இழுக்கும் சத்தமும் கேட்டது.

பசி எடுத்தபோது லெட்சுமி ஆன்ட்டி மீ (நூடுல்ஸ்தான்) வேகவைத்தார். அந்த அடுப்பு, கடலில் படகு எப்படி ஆடினாலும் தான் மட்டும் சமமாக நிற்கும்படி தொங்கவிடப்பட்டது. படகு சிமெண்டில் பதித்த மாதிரி நின்றதால் அதன் சிறப்பு தெரியவில்லை. நானே கையால் ஆட்டிக் காட்டினேன்.

"ஆட்டாதம்மா, கொதிக்குது" என்றார் ஆன்ட்டி. அன்று அவர் என்னிடம் பேசிய கடைசி வார்த்தை அதுதான்.

மணியம் அங்கிளைக் காணவில்லை. அவரும் காசிம் அண்ணேயும் இன்ஜின் அறைக்குள் இறங்கியிருந்தார்கள். நான் இல்லாத இடமாகத் தேடியிருக்கலாம். வெயில் சாய்ந்து படகு மெல்ல அசையத் தொடங்கியபோதுதான் வெளியே வந்தார். சட்டையெல்லாம் எண்ணெய், முகமெல்லாம் சந்தோஷம். அங்கேயே முதலாளிக்குப் போன் போட்டார்.

"நல்ல இன்ஜின். படகும் உறுதிதான், என் வைஃப் கண்ணால பாத்துட்டா. எடுத்துக்கிறேன்." கொஞ்சம் நிறுத்தினார். "ஒண்ணு மட்டும். டெலிவரி அன்னைக்கு இந்தப் பொண்ணு வரக்கூடாது."

வேலை நிரந்தரமானது. அலுவலகத்துக்குள், கடல் தெரியாத மேசையில். இன்றைக்கும் அங்கேதான் இருக்கிறேன், புத்தகத்தில் உள்ளதைச் சரியாகவே சொல்கிறேன்.

பிற்பாடு என் கல்யாணத்தில் அலங்காரம் முடியாமல் நேரம் போய்க்கொண்டிருக்க, மாப்பிள்ளை வீட்டார் பெண் எங்கே என்று கேட்டார்கள். அம்மா கொஞ்சமும் பதறாமல், "தண்ணி ஏறட்டும், வந்துடுவா" என்றார். புரியாமல் விழித்தவர்களுக்கு முழுக் கதையையும் மண்டபத்திலேயே சொல்லி முடித்தார், போட்டோவோடு. நான் மேடைக்கு வந்தபோது எல்லாரும் சிரித்த முகமாக வரவேற்றார்கள். நல்ல சம்பந்தம் என்று நினைத்துக்கொண்டேன்.

இப்போது என் மகளைப் பள்ளிக்கூடத்துக்குக் கிளப்பினால், போர்வையை இழுத்து மூடிக்கொண்டு அதையே சொல்கிறாள். எங்கள் குடும்பத்தில் யாரும் தாமதமாவதே இல்லை. தண்ணீர் ஏறவில்லை, அவ்வளவுதான்.