உறிஞ்சாத பம்பு

இந்த ஆனிச் சாரலில் பெண்டாட்டி இல்லாமல் குற்றாலத்தில் குளித்தே தீருவது என்று கனகசபாபதி சூடம் அணைத்துச் சத்தியம் பண்ணினார். கோவிலில் இல்லை. தன் சொந்த டீசல் வேனுக்கு முன்னால் எலுமிச்சம்பழம் வைத்து, சூடம் கொளுத்தி, உள்ளங்கையால் அடித்து அணைத்தார். பட்டாசு லோடு ஏற்றுகிற வண்டிக்கு முன்னால் நெருப்புக் கொளுத்தலாமா என்று கேட்காதீர்கள். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு.

சாட்சிக்கு இரண்டு கூட்டாளிகள் நின்றார்கள். ஒருவர் அச்சாபீஸ் ஊர்க்காவலன். இன்னொருவர் அட்டைப்பெட்டி செய்கிற கருப்பணன். அவர்களுக்கும் வீட்டில் பெண்டாட்டிமார் உண்டு. அதனால் சூடம் அணைந்தபோது மூன்று பேருக்குமே கண்ணில் தண்ணீர். புகையினால் என்று சொல்லிக்கொண்டார்கள்.

கனகசபாபதியின் துயரத்தைக் கொஞ்சம் கேளுங்கள். கல்யாணமான நாளிலிருந்து பேச்சியம்மாள் இல்லாமல் அவர் எங்கேயும் போனதில்லை. பல் பிடுங்கப் போனார், கூட வந்தாள். எந்தப் பல் என்று டாக்டருக்கு அவள்தான் காட்டிக் கொடுத்தாள். சிவகாசியில் அவர் நடத்துகிற சின்னப் பட்டாசுக் கம்பெனிக்குப் பெயரே பேச்சி பயர் ஒர்க்ஸ். லேபிளில் அவள் முகம்தான். ஊர்க்காவலன் நாலு கலரில் அச்சடித்துக் கொடுத்தது. எந்தப் பக்கம் நின்று பார்த்தாலும் அந்த இரண்டு கண்ணும் கனகசபாபதியைத்தான் பார்க்கும். வீட்டில் நிஜம், கம்பெனியில் லேபிள். மனுசன் மூச்சு விட ஒரு சந்து வேண்டாமா? அருவிக்கு அடியில் மூன்று நாள் நின்றால் அந்த மூச்சைப் பிடித்துவிடலாம் என்று நினைத்தார், பாவம்.

சத்தியத்தின் சூடு கை விட்டுப் போகுமுன்னே பேச்சியம்மாள் காபியோடு வந்தாள்.

"ஏங்க, குத்தாலத்துல சாரல் விழுந்துருச்சாமே."

"விழட்டும்."

"நம்ம வேன் சும்மாதான நிக்கி. எங்க அண்ணன் வீட்டு ஆளுகளையும் ஏத்திக்கிட்டு ஒரு எட்டு போயிட்டு வருவமா?"

கனகசபாபதிக்குக் காபி புரையேறியது. அண்ணன் என்றால் பலவேசம். விருதுநகரில் லாரி ஓட்டுகிறவர். "என்ன மாப்ள!" என்று முதுகில் ஒன்று வைத்தாரானால் முந்தாநாள் சாப்பிட்ட சோறு வெளியே வந்து எட்டிப் பார்க்கும். அவரோடு அருவியில் நிற்பதைவிட ஆனைக்குட்டம் அணையில் விழுந்து சாகலாம்.

"வேன் எங்க போகும்? பிரேக்கு செத்துப் போச்சு" என்றார், வாய்க்கு வந்தபடி.

"நேத்துக்கூட லோடு இறக்கிட்டு வந்தீகளே?"

"நேத்து உயிரோட இருந்துச்சு. இன்னைக்குச் செத்துருச்சு. மனுசனுக்கே அப்படித்தான் நடக்கு."

"நானும் மிதிச்சுப் பாக்கட்டா?"

"நாளைக்குப் பாரு" என்று தப்பித்தார்.

அன்று மதியம் பேச்சியம்மாள் சந்தைக்குப் போன நேரம் பார்த்து வேனின் மூடியைத் திறந்தார். டீசல் இஞ்சினில் வேக்குவம் பம்பு என்று ஒன்று இருக்கும். அது ஒரு குழாய் வழியாகக் காற்றை உறிஞ்சும். அந்த உறிஞ்சல்தான் பிரேக்குக்குத் துணை. அது இருந்தால் பிரேக் மெத்தென்று இறங்கும். இல்லையென்றால் கல்லாட்டம் நிற்கும். கனகசபாபதி அந்தக் குழாயைக் கழற்றினார். கைக்குக் கிடைத்த ஒரு காகிதத்தை எடுத்தார். வெடிக்குச் சுருட்டுகிற மாதிரி இறுக்கிச் சுருட்டினார். பம்புப் பக்கத்து வாயில் திணித்து, குச்சியால் கெட்டித்து, மறுபடி மாட்டிவிட்டார். வேறு ஊர்க்காரன் என்றால் துணியைச் செருகியிருப்பான், கம்பியை நசுக்கியிருப்பான். இது பட்டாசுக்காரன் கை. ஓட்டையைக் கண்டால் காகிதம் வைத்து அடைக்கத்தான் போகும். அப்புறம் ஒரு புதுத் துண்டையும் தலைக்குத் தேய்க்க ஒரு பாட்டில் எண்ணெயையும் வேனின் டூல்ஸ் பெட்டியில் ஒளித்துவைத்தார்.

மறுநாள் காலையில் பேச்சியம்மாள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு டிரைவர் சீட்டில் ஏறினாள். கனகசபாபதி ஜன்னல் வழியாகச் சாவியைத் திருகி இஞ்சினைக் கிளப்பினார். அவள் பிரேக்கை மிதித்தாள்.

"ஆத்தாடி! அம்மிக்கல்லை மிதிச்ச மாதிரில்ல இருக்கு!"

"சொன்னேன்ல?" அவருக்கு உற்சாகம் பொங்கியது. "இறங்கி வா, நோயைக் காட்டுதேன். இந்தா, பிரேக்குப் பக்கம் கழட்டிட்டேன், இந்தக் குழாயோட நுனியில விரலை வையி. நல்ல பம்புன்னா விரலைப் பிடிச்சு இழுக்கணும்."

பேச்சியம்மாள் விரலை வைத்தாள். இஞ்சின் தடதடத்தது. குழாய் கம்மென்று கிடந்தது.

"இழுக்கலையே."

"இழுக்காது. பம்பு காலி. இந்த மாதிரி சீக்கைக் கண்டுபிடிக்க இந்த ஊர்ல எத்தனை பேர் இருக்கான்னு நெனைக்க?"

"எங்க அண்ணனைக் கூட்டியாரட்டா? அது பாத்தா—"

"ஒங்க அண்ணன் லாரிக்காரன். இது வேன்! மதுரைக்குத்தான் கொண்டு போகணும். ஊர்க்காவலனும் கருப்பணனும் துணைக்கு வாரேங்காக. மெல்ல உருட்டிக்கிட்டுப் போயி, பம்பை மாத்தி, ஓட்டிப் பாத்து, மூணு நாளாயிரும்."

மூணு நாள் என்கிறபோது அவர் குரல் கொஞ்சம் இனித்துவிட்டது. அதைக் கவனித்தாளோ என்னவோ, பேச்சியம்மாள் முந்தானையை எடுத்து மூக்கைத் துடைத்தாள்.

"பிரேக்கு இல்லாத வண்டியிலயா?"

"மெல்லத்தான் போவேன் புள்ள."

"மாட்டேன். விடவே மாட்டேன். எங்கனயாவது புளியமரத்துல கொண்டு மோதிட்டீகன்னா நான் யாரைப் பாத்துட்டு இருக்க? வண்டி இங்கனயே நிக்கட்டும். பம்பை மட்டும் கழட்டுங்க. கையில எடுத்துக்கிட்டுப் பஸ்ல போங்க."

"க... கழட்டவா?"

"ஏன், கழட்டத் தெரியாதா? வேனோட நட்டு போல்ட்டு எல்லாம் எனக்கு அத்துபடின்னு சொல்லுவீகளே. எங்க சித்தப்பா மகன் லட்சுமிகாந்தம் மதுரையில மோட்டார் சாமான் கடைதான் வச்சிருக்கான். பிரேக்கு செத்துப் போச்சுன்னு நேத்தே அவனுக்கு டிரங்க் கால் போட்டுச் சொல்லிட்டேன். ஒங்களுக்காகக் காத்துக்கிட்டு இருப்பான்."

கனகசபாபதி கணக்குப் போட்டார். பம்பில் பழுது ஒன்றுமில்லை என்று சொன்னால் மானம் போகும். சொல்லாவிட்டால் குற்றாலம் போகும். மானம் போனால் தினம் மூன்று வேளையும் அதை எடுத்துப் பரிமாறுவாள் என்பதால் குற்றாலத்தை விட்டார். ஐயோ, நல்ல பம்பு! குதிரையாட்டம் வேலை செய்கிற பம்பு! ஸ்பானரைப் பிடித்துத் தன் கையாலேயே அதைக் கழற்றினார். ஒவ்வொரு போல்ட்டும் கழன்று விழுந்தபோது ஒரு அருவி வற்றியது. ஐந்தருவியில் ஒன்றுகூட மிச்சமில்லை. கழுத்து வரைக்கும் கறுப்பெண்ணெய் வழிந்தது. பேச்சியம்மாள் கழன்ற குழாயைக் கையில் வாங்கிக்கொண்டு பக்கத்திலேயே நின்றாள்.

"போயி சீயக்காய் போட்டுக் குளிச்சிட்டு வாங்க. பாக்கவே வவுறு எரியுது. நான் பம்பைக் கட்டி வைக்கேன்."

குளித்து வந்தபோது வாசலில் ஒரு சாக்குப் பொதி தயாராக இருந்தது. சரவெடி கட்டுகிற நூலால் சுற்றிச் சுற்றி முடிச்சுப் போட்டிருந்தாள்.

"வழியில அவுத்துராதீக. எண்ணெய் வடிஞ்சு வெள்ளை வேட்டி வீணாப் போகும். கடையில போயி அவுருங்க. மறக்காம இதையும் திரும்பக் கொண்டாந்துருங்க."

"செத்த பம்பு எதுக்கு?"

"வேணும். பத்திரமா கொண்டாங்க."

பஸ்ஸில் ஏறி மடியில் பொதியை வைத்ததும் கண்டக்டர் முகம் மாறியது.

"அண்ணாச்சி, சிவகாசியில ஏறுதீக. மடியில சாக்கு. வெடியா?"

"பம்புய்யா."

"அவுத்துக் காட்டுங்க."

"எண்ணெய் வடியும்யா! என் பொண்டாட்டி அவுக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்கா."

இதைக் கேட்டதும் பஸ் முழுக்கச் சந்தேகம் நீங்கி, சிரிப்பு வந்தது. ஆனாலும் பீடி குடிக்கிறவர்கள் எல்லாரும் அவரைப் பின்சீட்டு மூலைக்குத் தள்ளிவிட்டு முன்னால் போய் உட்கார்ந்துகொண்டார்கள். சூலக்கரை தாண்டியது. விருதுநகர் தாண்டியது. ஒவ்வொரு பள்ளத்துக்கும் அந்தப் பொதி தொடையில் ஏறி இறங்கியது. மேற்கே மலைப் பக்கம் மேகம் கறுத்துக் கிடந்தது. அங்கே சாரல், இங்கே பின்சீட்டு. அவர் வடக்கே போய்க்கொண்டிருந்தார். அழுகை வந்தது. அழுதாலும் யாராவது, "வெடி நனைஞ்சிரும் அண்ணாச்சி" என்பான் என்று அடக்கிக்கொண்டார்.

மதுரையில் லட்சுமிகாந்தம் கடை வாசலிலேயே நின்றான்.

"வாங்க அத்தான், வாங்க. அக்கா சொல்லுச்சு. கலர் சோடா குடிக்கீகளா?"

"கலர் கெடக்கட்டும். இதைப் பாரு" என்று பொதியை மேசைமேல் வைத்தார்.

லட்சுமிகாந்தம் கத்தரியால் நூலை வெட்டினான். சாக்கை விலக்கினான். உள்ளே ஒரு துண்டு. புதுத் துண்டு. கனகசபாபதிக்கு அந்தக் கரை அடையாளம் தெரிந்தது. டூல்ஸ் பெட்டியில் ஒளித்த துண்டு. துண்டை விரித்தான். எண்ணெய்ப் பாட்டில் உருண்டு வந்தது. அதன் பின்னால் மெதுவாக, கருகருவென்று, வீட்டு அம்மியின் குழவி வெளியே வந்து மேசையில் படுத்தது.

கடைப் பையன்கள் எல்லாரும் கூடிவிட்டார்கள். லட்சுமிகாந்தம் குழவியைத் தூக்கிப் பார்த்தான். திருப்பிப் பார்த்தான். ரொம்ப நேரம் யோசித்த மாதிரி உதட்டைப் பிதுக்கினான்.

"இந்த மாடலுக்கு மாத்து வரதில்லையே அத்தான்."

கனகசபாபதி குழவியைத் துண்டில் சுற்றிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தார். திரும்பி வருகிற பஸ்ஸிலும் அதே கண்டக்டர்தான். "பம்பு மாத்தியாச்சா அண்ணாச்சி?" என்று கேட்டான். அவர் பொதியோடு தானாகவே பின்சீட்டு மூலைக்குப் போனார்.

பொழுது சாய வீடு வந்து சேர்ந்தால் கதவில் பூட்டு. வேன் நின்ற இடத்தில் எண்ணெய்க் கறை மட்டும் கிடந்தது. பக்கத்து வீட்டுச் சுப்புத்தாய் சாவியோடு ஓடி வந்தாள்.

"வாங்கண்ணாச்சி, மதுரையில வெயில் எப்படி?"

"வேன் எங்க?"

"குத்தாலத்துக்குப் போயிருக்கு. திரும்பி வர மூணு நாளாகுமாம். நீங்க பஸ் ஏறின கையோட பலவேசம் அண்ணன் வந்து பம்பை மாட்டிட்டாக. அது விரலை வச்சா விட மாட்டேங்குதாம், அம்புட்டு உறிஞ்சு உறிஞ்சுதாம்."

"அவளுக்கு... அவளுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"நேத்துச் சாயங்காலம் எலுமிச்சம்பழத்தை எடுத்து வைக்க டூல்ஸ் பெட்டியைத் தொறந்துருக்காக. துண்டும் எண்ணெயும் இருந்துச்சாம். பிரேக்கு செத்த வண்டிக்கு எண்ணெ தேச்சா குளிப்பாட்டப் போறாகன்னு அப்பவே சொல்லிச் சிரிச்சாக. இன்னைக்கு நீங்க குளிக்கப் போனதும் அந்தக் குழாயை வாயில வச்சு ஊதுனாக. காலையும் மாலையும் ஊதாங்குழல் பிடிச்சு அடுப்பு ஊதுத பொம்பளைக்கு அடைச்ச குழா தெரியாதா அண்ணாச்சி? கம்பியை விட்டுக் குத்துனதும் ஒரு காயிதச் சுருளு சொத்துன்னு விழுந்துச்சு. ஒங்ககிட்ட குடுக்கச் சொன்னாக. இந்தாங்க."

கனகசபாபதி வாங்கி விரித்தார். நாலு கலர் லேபிள். எண்ணெயில் ஊறி மூக்கும் வாயும் கறுத்துப் போயிருந்தன. கண் இரண்டும் மட்டும் பளிச்சென்று அவரைப் பார்த்தன. பட்டாசு ஏற்றுகிற வேனில் கைக்குக் கிடைக்கிற காகிதம் வேறென்னவாக இருக்கும்? அட மடப்பயலே என்று தன்னைத்தானே திட்டிக்கொண்டார். கட்டினவளுக்குத் தெரியாமல் ஒரு காரியம் பண்ணக் கிளம்பி, அவள் முகத்தையே சுருட்டிக் காவலுக்கு வைத்துவிட்டு வந்திருக்கிறார்!

"சரி, நான் நாளைக்கு ஊர்க்காவலனையும் கருப்பணனையும் கூட்டிக்கிட்டுப் பஸ்ஸைப் பிடிச்சுப் போறேன்" என்றார். கடைசியாக மிச்சமிருந்த ரோசம் அது.

"அவுக ரெண்டு பேரும் வேன்லதான போறாக."

"என்னது!"

"பலவேசம் அண்ணன் அவுக வீட்டுவழியாத்தான் போனாக. பேச்சி மதினி கையைக் காட்டி வாரீகளான்னு கேட்டாக. ஓடி வந்து ஏறிட்டாக. முன்சீட்டுல துண்டைத் தலையில கட்டிக்கிட்டு உக்காந்திருந்தாக. பின்னால அவுக வீட்டுப் பொம்பளையாளுக எல்லாரும் ஒரே கும்மாளம்."

கனகசபாபதி வாசல்படியில் பொத்தென்று உட்கார்ந்தார். சத்தியத்துக்குச் சாட்சி நின்ற பயல்கள்! அணைத்த சூடம் உள்ளங்கையில் இப்போதுதான் சுட்ட மாதிரி இருந்தது. அந்த அருவி, அந்தச் சாரல், அந்த மூன்று நாள். எல்லாம் போயிற்று. ஒரு ஆள் விடாமல் ஊரே குளிக்கப் போயிருக்கிறது. அவர் ஒருத்தர்தான் இங்கே, மூன்று நாளும், அவர் ஆசைப்பட்டபடியே, பெண்டாட்டி இல்லாமல். நினைத்தால் நெஞ்சு வெடித்துவிடும் போலிருந்தது.

"என்னைப் பத்தி ஒண்ணும் சொல்லிட்டுப் போகலையா?" என்று கேட்டார்.

"சொல்லாம போவாகளா அண்ணாச்சி? ஒங்க மேல அம்புட்டு உசிரு. பானையில சோறு ஆக்கி வச்சிருக்காக. தொட்டுக்க மட்டும் ஒண்ணும் இல்லையாம்."

சுப்புத்தாய் அவர் மடியில் இருந்த பொதியைப் பார்த்தாள்.

"தேங்காய் துருவி வச்சிருக்காம். குழவி வந்ததும் துவையல் அரைச்சுக்கிடச் சொன்னாக."