முறை வைத்து விதைத்த தர்பூசணி

கடப்பாக்கம்,
குருத்தோலை ஞாயிறுக்கு மறுநாள்.

ஊசி போடத் தெரியாத என் டாக்டர் தம்பி ஸ்டான்லிக்கு அக்கா மார்கரெட் எழுதுவது. இங்கே நானும் உன் மாமாவும் ஆண்டவர் தயவில் சாப்பாட்டுக்கும் சண்டைக்கும் குறைவில்லாமல் இருக்கிறோம். அங்கே நீயும் வைஷாலியும் அப்படியே இருக்க வேண்டும் என்று ஜெபம் செய்கிறேன். இதை போனில் சொல்லக் கூடாதா என்பாய். போனில் சொன்னால் பாதியிலேயே "அக்கா, மீட்டிங்" என்று வைத்துவிடுவாய். கடிதம் உன் மீட்டிங்குக்கு எல்லாம் பயப்படாது. ஆறாவதோடு நின்றவள் கையெழுத்துதான், ஆனாலும் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு முழுசாகப் படி.

விஷயம் இதுதான். சிறு விவசாயிகள் முன்னேற்றத்துக்காக கென்யாவிலிருந்து ஒரு கூட்டத்தைக் கூட்டி வந்து, நம் ஊர் தர்பூசணிக் குழுவை அவர்களுக்குக் காட்டப் போகிறேன் என்றாயே, புண்ணியமாகப் போகட்டும், கூட்டி வராதே. காட்டுவதற்கு இங்கே ஒன்றும் மிச்சமில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

கிறிஸ்துமஸ் லீவில் வந்தபோது நம் மாதா கோயில் வாசலில் பந்தல் போட்டு நீ பேசினாய். "எல்லாரும் ஒரே நேரத்தில் விதைக்கிறீர்கள். எல்லார் பழமும் ஒரே மாதத்தில் சந்தைக்கு வருகிறது, விலை விழுகிறது. வியாபாரி வந்து கொல்லையோடு மொத்தமாகப் பேசி அள்ளிக்கொண்டு போகிறார். வாரத்துக்கு ஒரு குடும்பமாக முறை வைத்து விதையுங்கள். இடைத்தரகர் இல்லாமல் நீங்களே விற்றுக்கொள்ளுங்கள். வளரும் நாடுகளில் எல்லாம் இதே கதைதான்" என்றாய். என்ன அழகாகப் பேசினாய், போ! நம் ஊருக்கு இருக்கிற ஒரே இடைத்தரகர், சதுரங்கப்பட்டினம் ஜெயினுலாபுதீன் பாய், முன்வரிசையில்தான் உட்கார்ந்திருந்தார். ஒரு கையில் நம் வீட்டு கேக் இருந்ததால் கைதட்ட முடியாமல் தொடையைத் தட்டினார். உன் மாமா ரிசார்ட்டில் செக்யூரிட்டியாக இருந்தபோது போட்டுக்கொண்ட தொப்பியில்தான் சீட்டுக் குலுக்கினோம். முதல் முறை நம் குழுவில் இருக்கிற செல்லம்மாவுக்கு விழுந்தது. நமக்குக் கடைசி.

உனக்குத் தெரியாததா, அடுத்தவர் கொல்லையில் கூலிக்குக் குனிந்தே பழகிய குடும்பம் நம்முடையது. உன் மாமா கேட் வேலையை விட்டுவிட்டு, குத்தகைக்கு நிலம் பிடித்து, எங்களுக்கென்று ஒரு பயிர் வைத்தது இந்த வருஷம்தான். இந்தப் பழம் விலை போகாவிட்டால் குத்தகை கைவிட்டுப் போகும், அவர் மறுபடியும் அந்த கேட்டைத் திறந்து மூடப் போக வேண்டும். சீட்டு விழுந்த அன்றைக்கு ராத்திரியே அவர் பேச்சை ஆரம்பித்தார்.

"இன்னா மார்கரெட்டு, அல்லாரும் வித்து முடிச்சப்பால நம்ம பயத்த எவன் வாங்குவான்? அதுக்குள்ள மாங்கா வந்துடும்."

"முறைன்னா முறைதான்யா. எந்தம்பி பட்ச்சிட்டு சொல்லிகீறான்."

"நம்ம ஒர்த்தர் மட்டும் முன்னாடி போட்டா இன்னா ஆயிடும்? யாருக்குத் தெரியப் போவுது?"

"அது தப்புயா" என்றேன். வாய் அப்படிச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே கை விதையை ஈரத்துணியில் முடிந்துகொண்டிருந்தது. என் வாய் சொல்வதை என் கை என்றைக்குக் கேட்டது?

விதை முளைவிட்டதும் விடியலில் அந்தக் குத்தகைக் கொல்லைக்குப் போனோம். செல்லம்மா அங்கே இருந்தாள். அது அவள் முறை, நியாயம். ஆனால் பக்கத்துக் கொல்லையில் ஏதோ அசைந்தது. டார்ச் அடித்தால் சுப்புராமன்! நமக்கு முந்தின முறைக்காரர், தலைக்கு முக்காடு போட்டுக் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கிறார்.

"இன்னா அண்ணாத்த, இந்நேரத்துல?" என்றார் உன் மாமா.

"பாம்பு கீதான்னு பாக்க வந்தேன். நீ எங்க வந்த?"

"நாங்களும் பாம்புக்குத்தான்."

நன்றாக வெளிச்சம் வந்ததும் பார்த்தால், குழுவில் இருக்கிற அத்தனை குடும்பமும் அவரவர் கொல்லையில் பாம்பு தேடிக்கொண்டிருக்கிறது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. டீ குடிக்கப் போன இடத்தில் எல்லாரும் மழையைப் பற்றியே பேசினோம். கொடி படர்ந்து காய் வைத்த பிறகும் சுப்புராமன் அது பூசணி என்றே சாதித்தார். செல்லம்மா விடுவாளா? "இன்னா அண்ணாத்த, உன் பூசணி கோடு போட்ட சட்ட மாட்டிகினு கீது?" என்று கேட்டாள். "அது புது கம்பெனி வெத செல்லம்மா" என்று சொல்லிவிட்டு, அவர் பாம்பு தேடப் போய்விட்டார்.

அப்புறம் என்ன, மாசியில் எல்லார் பழமும் ஒரே வாரத்தில் பழுத்தது. எந்த வருஷமும் ஒரே மாதத்தில்தான் பழுக்கும், உன் திட்டத்தில் ஒரே வாரத்துக்கு வந்துவிட்டோம், அந்த அளவுக்கு முன்னேற்றம்தான். சரி, பாயையே கூப்பிடுவோம் என்று உன் மாமா போன் போட்டார். "அய்ய வரதா, நா எப்டி வர்றது? நா இல்லாத சந்தைன்னு மைக்குல சொல்லிட்டாங்கப்பா. நானும் தொடயத் தட்டிட்டேன்" என்றார் பாய். மனுஷன் முறுக்கிக்கொண்டார்.

நாமே விற்போம் என்று ஈ.சி.ஆர். ரோட்டோரம் சவுக்குக் கழி நட்டு, கீற்றுப் போட்டு, குடும்பத்துக்கு ஒன்றாக வரிசையாகக் கடை வைத்தோம். ஆளுக்கொரு பழத்தை வெட்டி, சிவப்பைக் காட்டி, ருசி பார்க்கத் துண்டு நீட்டினோம். மாமல்லபுரம் போகிற கார்க்காரர்கள் முதல் கடையில் துண்டு வாங்கித் தின்று, அடுத்த கடையில் தின்று, கடைசிக் கடைக்கு வரும்போது ஏப்பம் விட்டுக்கொண்டு, "இவ்ளோ தர்பூசணி உடம்புக்கு ஆகாதுங்க" என்று எங்களுக்கே புத்தி சொல்லிவிட்டுப் போனார்கள். உன் மாமா கூத்து தனி. காரைக் கண்டால் பழைய பழக்கத்தில் கை தானாக நெற்றிக்குப் போய்விடும். அவர் அடித்த சல்யூட்டைப் பார்த்து ஒரு குடும்பம் பெட்டியோடு இறங்கி, ஆதார் அட்டையை நீட்டி, ஏசி ரூம் இருக்கிறதா என்று கேட்டது. "ரூம் இல்ல சார், பயம் கீது" என்றார், பழத்தைச் சொல்லி. அவர்கள் பயந்துகொண்டு ஓடிவிட்டார்கள்.

சிரிக்காதே. பழத்தைத் தட்டினால் கனிந்துபோய் டொப்பென்று சத்தம் கேட்க ஆரம்பித்தது, அதற்குமேல் கொடியிலும் தாங்காது, தரையிலும் தாங்காது. ஒருநாள் கடையை மூடிவிட்டு வந்து பார்த்தால் கொடிக்கயிற்றில் அவருடைய செக்யூரிட்டி சட்டை காய்ந்துகொண்டிருந்தது. அவரே துவைத்துப் போட்டிருக்கிறார். காலரைக் கூடப் பிரஷ் போட்டுத் தேய்த்திருந்தார். கேட் வேலைக்குத் திரும்பத்தான் அந்த ஆயத்தம் என்று தெரிந்து, கிண்டல் பண்ணாமல் சட்டையைத் திருப்பிப் போட்டுக் காயவைத்தேன்.

மறுநாள் மத்தியானம் பாயின் சம்சாரம் ஷரீபுன்னிசா, நோன்பு திறக்கப் பழம் வாங்க ஆட்டோவில் வந்து இறங்கினாள். மலை மாதிரி குவிந்து கிடந்ததைப் பார்த்தாள். "இன்னாடி மார்கரெட்டு, ஊருக்கே கல்யாணமா?" என்றாள். நான் பாம்பில் ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னேன். நோன்பு வாயோடு அவளுக்குச் சிரித்துச் சிரித்துத் தொண்டை வறண்டுவிட்டது. அங்கேயே நின்று புருஷனுக்குப் போன் போட்டாள். "இந்தாங்க, பள்ளிவாசல்ல கஞ்சியோட குடுக்கப் பழம் பத்தலன்னு பொலம்புறீங்க, இங்க பழம் அழுவுது. நோம்பு மாசத்துல கோவத்த வெச்சிகினு இன்னா பண்ணப் போறீங்க? லாரிய எடுங்க!"

பாய் வந்தார். ஆனால் லாரியை விட்டு இறங்கவில்லை. "வாங்குறவனா வர மாட்டேன். என்னியும் குழுவுல சேத்துக்குங்க, வரேன்" என்றார். சிறு விவசாயி தவிர யாரையும் சேர்க்கக் கூடாது என்று நீ சட்டம் போட்டிருக்கிறாயே! சுப்புராமன்தான் யோசனை சொன்னார். பாயின் கிடங்குக்குப் பின்னால் லாரி நிறுத்துகிற இடத்தில் ஒரு மூலையைக் கொத்தி, ஒரு தர்பூசணி விதையை ஊன்றினோம். பாய் சிறு விவசாயி ஆகிவிட்டார். அவரைவிடச் சிறிய விவசாயி கென்யாவிலும் கிடைக்க மாட்டார்.

அன்றைக்கே பழம் ஏறியது. சதுரங்கப்பட்டினத்தில் தொடங்கி மாமல்லபுரம் தாண்டி, பள்ளிவாசல் பள்ளிவாசலாக, மிச்சம் ஜூஸ் கடை கடையாக இறக்கினார் பாய். பெருநாளைக்குள் கொல்லை காலி. நிலத்துக்காரர் அடுத்த வருஷத்துக்கும் நிலத்தைக் கொடுத்துவிட்டார். செக்யூரிட்டி சட்டையைக் கொல்லைப் பொம்மைக்கு மாட்டி, கை சல்யூட் அடிக்கிற மாதிரி கட்டிவைத்திருக்கிறார் உன் மாமா. பாயின் விதை முளைத்து இலை விட்டிருக்கிறது. தினம் அதன் முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து, "வெவசாயிக்கு எங்கப்பா வெல கெடைக்குது? அல்லாத்தியும் நடுவுல கீறவன் துன்னுட்றான்" என்று அங்கலாய்க்கிறார். அவரையே தலைவராகவும் போட்டுவிட்டோம்.

ஆக, முறை வைத்து விதைக்கவில்லை, நாமே விற்கவில்லை, ஒழிக்கச் சொன்ன இடைத்தரகர் தலைவராக இருக்கிறார். இதை எந்த முகத்தோடு வெளிநாட்டுக்காரர்களுக்குக் காட்டுவது? அதனால் அவர்களைக் கூட்டி வராதே. நீ மட்டும் வைஷாலியோடு உயிர்ப்புத் திருநாளுக்கு வா, கருவாடு எடுத்து வைத்திருக்கிறேன். ஆண்டவர் உங்கள் இருவருக்கும் நல்ல சுகத்தையும், உன் பேச்சைக் கேட்கிற ஆட்களையும் தருவாராக.

இப்படிக்கு,
உன் படிப்புக்கு எந்த விதத்திலும் பொறுப்பில்லாத அக்கா,
மார்கரெட்

பின்குறிப்பு: மேலே எழுதியதை எல்லாம் விட்டுவிடு, கென்யாக்காரர்களைக் கட்டாயம் கூட்டி வா. கடிதத்தை உடனே தபாலில் போடாமல் வைத்திருந்தேன், நேற்றுக் குழு கூடியது. கோடைக்கு வெள்ளரி போடுவதென்றும், இந்தத் தடவை முறை மாறக் கூடாதென்றும் பாய் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். செல்லம்மா கோயில் மேல் சத்தியம் செய்தாள், சுப்புராமன் திருக்கழுக்குன்றத்து மலையைப் பார்த்துச் சத்தியம் செய்தார், நானும் செய்தேன். சீட்டில் நமக்கு மறுபடியும் கடைசி முறைதான். பரவாயில்லை என்று சிரித்துக்கொண்டே வந்தோம். இப்போது இந்த உறையை ஒட்டலாம் என்று ஈரத்துணி தேடினேன். வீட்டில் இரண்டு ஈரத்துணி இருக்கிறது, இரண்டிலும் விதை முடிந்திருக்கிறது. ஒன்று நான் முடிந்தது. இன்னொன்றை உன் மாமா எனக்குத் தெரியாமல் அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்திருக்கிறார். உறையை எச்சில் தொட்டு ஒட்டியிருக்கிறேன், மன்னித்துக்கொள். அந்தக் கூட்டத்தில் என் வயசில் ஒரு கென்யாக்காரி வந்தால் அவளை என் பக்கத்தில் உட்கார வை. அவள் ஊரிலும் நீ போய்ப் பேசியிருப்பாய் அல்லவா? விதை ஊறப்போட்டுவிட்டுத்தான் விமானம் ஏறியிருப்பாள். பாஷை தெரியாவிட்டால் என்ன, முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவேன்.