தேக்கின் மேல் தேக்கு

சாந்தோமில் கடலைப் பார்த்தாற்போல ஒரு பழைய பங்களா. அதன் மாடியில், நாட்டுப்படகுகளுக்கு உரிமம் வழங்கவும், வழங்கிய உரிமத்தைப் புதுப்பிக்கவும், புதுப்பிக்கத் தவறியவர்களிடம் விளக்கம் கேட்கவும் ஓர் அரசு அலுவலகம் இயங்கி வந்தது. இயங்கி வந்தது என்பது அதன் ஆண்டறிக்கையில் உள்ள சொல்.

மாடித் தளம் முழுக்க பர்மா தேக்குப் பலகை. யாரோ ஒரு வெள்ளைக்காரத் துரை நடனமாடுவதற்காகப் போட்டது. துரை போய், அலுவலகம் வந்து, இருபத்தைந்து வருஷமாக மீனவர்கள் கடலிலிருந்து நேரே ஏறி வந்து உப்புத் தண்ணீர் சொட்டச் சொட்ட அதன்மேல் வரிசையில் நின்றார்கள். ஒரு பலகைகூட நெளியவில்லை. தளத்தைப் பற்றி ஒரு மனுகூட வந்ததில்லை. 1974-ஆம் வருஷம் பொங்கல் வரை நிலைமை இவ்வளவு மோசமாகத்தான் இருந்தது.

பொங்கலுக்குப் பிறகு புதிய அதிகாரியாக நல்லசிவம் வந்து சேர்ந்தார். வருவதற்கு முன் அவர் பம்பாய்க்கு ஒரு கருத்தரங்குக்குப் போயிருந்தார். கருத்தரங்கில் என்ன கேட்டார் என்பது தெரியாது. அங்கே காலுக்குக் கீழே என்ன இருந்தது என்பதை மட்டும் நன்றாகப் பார்த்துக்கொண்டு வந்திருந்தார்.

"அகஸ்டின், பம்பாயில ஆபீஸ் எல்லாம் எப்படி இருக்கு தெரியுமா? தரை பூரா பிளாஸ்டிக் ஷீட். லாமினேட் பண்ணினது. பளபளன்னு முகம் தெரியுது. நாம இன்னும் மரத்துல நடந்துக்கிட்டு இருக்கோம், ஆதிவாசி மாதிரி."

அகஸ்டின் அந்த அலுவலகத்தின் தலைமை எழுத்தர். வயது ஐம்பத்தொன்று; ஓய்வுக்கு இன்னும் நாலு வருஷம். கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு தரவேண்டிய அவருடைய கோப்பு நாலு வருஷமாக மூன்று அதிகாரிகளின் மேசையைப் பார்த்துவிட்டு இப்போது நல்லசிவத்தின் மேசைக்கு வந்திருந்தது. அகஸ்டினின் மனைவி அல்போன்சா, "அவர் சூப்பிரண்டு ஆகப் போறார்" என்று சொந்தக்காரர்களிடம் சொல்லிச் சொல்லி, இப்போதெல்லாம் அவளைக் கண்டதும் அவர்களே முந்திக்கொண்டு அதைச் சொல்லிவிடுகிறார்கள்.

ஆகவே அகஸ்டின், "ஆமா சார், மரம் ரொம்பப் பழசு" என்றார்.

"அப்ப ஆவன செய்யுங்க."

ஆவன செய்வதில் ஒரு சிக்கல் இருந்தது. விதிப்படி, இருக்கும் தளம் பயன்படுத்தத் தகுதியற்றது என்று பொறியாளர் சான்று தந்தால்தான் புதுத் தளம் போடலாம். சான்று தருவதற்காக கிச்சா என்ற இளநிலைப் பொறியாளர் மயிலாப்பூரிலிருந்து சைக்கிளில் வந்தார். பலகையைச் சுத்தியால் தட்டிப் பார்த்தார். காது வைத்துக் கேட்டார். கடைசியில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, நடு ஹாலில் நின்று நாலு தரம் குதித்தார்.

"பேஷா இருக்கு. இன்னும் நூறு வருஷத்துக்குக் கவலையில்லை" என்றார்.

நல்லசிவத்தின் முகம் வாடியது. "நூறு வருஷமா? வேற வழியே இல்லையா?"

கிச்சா இரக்க குணம் உள்ளவர். "ஒரு வழி இருக்கு சார். யாராவது இதுல விழுந்து அடிபட்டிருந்தா, பலகை எப்படி இருந்தாலும் ஆபத்தான தளம்னு எழுதிடலாம். விழுந்திருக்காளோ யாராவது?"

"இதுவரைக்கும் இல்ல" என்ற நல்லசிவம் மெல்லத் திரும்பி அகஸ்டினைப் பார்த்தார். பார்த்தபடியே, மேசை ஓரத்தில் கிடந்த பதவி உயர்வுக் கோப்பைச் சற்றுத் தன் பக்கமாக இழுத்து வைத்தார்.

அகஸ்டின் அரசுப் பணியில் இருபத்தெட்டு வருஷம் கழித்தவர். எழுதாமல் விட்டதையும் படிக்கத் தெரிந்தவர்.

"போன செவ்வாய்க்கிழமை நான் விழுந்தேன் சார்" என்றார்.

"அடடா, எந்தக் கால்?"

"வலது கால்னு வெச்சுக்கலாம் சார்."

கிச்சா குறுக்கிட்டார். "வலது வேண்டாம் சார். வலது கால்னா படியேறி வந்து முதல்ல வெக்கற கால். படியில தடுக்கிண்டு விழுந்தாரோன்னு கேப்பா. படிக்கட்டு வேற பிரிவு. கோப்பு அங்க போனா திரும்பாது. இடது காலே இருக்கட்டும்."

அன்று மாலைக்குள் அகஸ்டின் தன் அழகான கையெழுத்தில் இரண்டு பக்கத்துக்கு விழுந்தார். மேற்படி தளத்தில் கடமை நிமித்தம் விரைந்து செல்கையில் நிலைதடுமாறி, இடது கணுக்காலில் கடும் காயமுற்றதாகவும், இருப்பினும் பொதுமக்கள் நலன் கருதி விடுப்பு எடுக்கவில்லை எனவும் எழுதினார். படித்துப் பார்த்த நல்லசிவத்துக்கே கண் கலங்கிவிட்டது. தளம் தகுதியற்றது என்று கிச்சா கையெழுத்துப் போட்டார். ஒரே மாதத்தில் அனுமதி வந்துவிட்டது.

தி. நகரில் பாண்டி பஜாருக்குப் பின்னால் கடை வைத்திருந்த கனகராஜ் மாதிரித் துண்டுகளை ஒரு பையில் போட்டுக்கொண்டு வந்தார். பச்சை, நீலம், சதுரங்கக் கட்டம், பளிங்கு மாதிரி என்று ஒவ்வொன்றாக எடுத்து வைத்தார். நல்லசிவம் எல்லாவற்றையும் தள்ளிவிட்டு ஒன்றைக் கையில் எடுத்தார்.

"இது என்ன டிசைன்?"

"அதுதான் அண்ணாச்சி நம்ம கடையிலேயே டாப். தேக்கு டிசைன். வரி, கணு எல்லாம் அச்சு அசல். நெசத் தேக்குகூட இம்புட்டுத் தேக்கா இருக்காது."

"இதையே போடுங்க" என்றார் நல்லசிவம். தேக்குத் தளத்தின் மேல் தேக்குப் படம் போட்ட பிளாஸ்டிக் விரிப்பது என்று இவ்வாறாக முடிவாயிற்று. அங்கே நின்ற யாருக்கும் அதில் ஒன்றும் தப்பாகப் படவில்லை. அகஸ்டின் மட்டும் ஏதோ சொல்ல வாய் திறந்தார். கோப்பைப் பார்த்ததும் அது தானே மூடிக்கொண்டது.

ஆனால் கனகராஜ் ஒரு காகிதம் கேட்டார். "கம்பெனி பத்து வருஷ கியாரண்டி தருது. அதுக்கு, அடியில இருக்கிற தரை உறுதியா, சமமா, எந்தக் குறையும் இல்லாம இருக்குன்னு ஆபீஸ்ல எழுதிக் குடுக்கணும்."

"தளம் தகுதியற்றதுன்னு பதினாலாம் பக்கத்துல எழுதியிருக்கு" என்றார் அகஸ்டின்.

"அப்ப கியாரண்டி கிடையாது."

"கியாரண்டி இல்லாம வாங்கினா தணிக்கையில கேப்பாங்க" என்றார் நல்லசிவம். "உறுதியா இருக்குன்னு எழுதுங்க."

"உறுதியா இருக்குன்னு எழுதினா, அப்புறம் எதுக்கு ஷீட்டுன்னு கேப்பாங்க சார்."

அகஸ்டின் பேனாவைத் திறந்தார். அரசுப் பணியில் ஒரு மனிதனுக்கு ஒரு முறைதான் இப்படி ஒரு வாக்கியம் வாய்க்கும். 'மேற்படி தளம் நடப்பதற்கு முற்றிலும் தகுதியற்றது. எனினும், மூடப்படுவதற்கு மிகவும் தகுதியானது' என்று இருபத்திரண்டாம் பக்கத்தில் எழுதினார். நல்லசிவம் எழுந்து வந்து கை குலுக்கினார். அன்றே பதவி உயர்வுக் கோப்பில் பரிந்துரை செய்து கோட்டைக்கு அனுப்பினார்.

சித்திரை பிறந்ததும் ஷீட்டு ஒட்டி முடிந்தது. பளபளவென்று முகம் தெரிந்தது. அடுத்த நாள் காலை உரிமம் புதுப்பிக்க வந்த நொச்சிக்குப்பத்துத் துலுக்காணம், ஈரக்காலோடு வாசலில் ஓர் அடி வைத்தார். அடுத்த அடியை அவர் வைக்கவில்லை. கதவிலிருந்து அதிகாரியின் மேசை வரை உட்கார்ந்தபடியே வந்து சேர்ந்தார். இருபத்தைந்து வருஷத்தில் எந்த மனுதாரரும் இவ்வளவு விரைவாக அதிகாரியை அடைந்ததில்லை.

"இன்னா நைனா தரை இது, விலாங்கு மீனு மேல கால வெச்சா மாரி கீது" என்றார் துலுக்காணம், இடுப்பைப் பிடித்துக்கொண்டு.

அன்று மத்தியானத்துக்குள் இன்னும் ஆறு பேர் வழுக்கினார்கள். நல்லசிவம் அவசரக் கூட்டம் போட்டு ஆராய்ந்தார். ஷீட்டில் குற்றமில்லை, கியாரண்டி இருக்கிறது. ஆகவே குற்றம் கால்களில்தான் என்று தெளிவாயிற்று. மாடிப்படியின் கீழே ஒரு மேசை போடப்பட்டது. வருகிறவர்கள் அங்கே காலைத் துடைத்து, காட்டி, 'கால் உலர்வுச் சீட்டு' வாங்கிக்கொண்டுதான் மேலே போகலாம். சீட்டில் கையொப்பமிடும் அதிகாரம் தலைமை எழுத்தருக்கு. அகஸ்டின் காலையில் ஒரு மணி நேரம் குனிந்து குனிந்து கால்களைப் பார்த்துக் கையெழுத்துப் போட்டார்.

"கடலுக்குப் போறவன் காலு காஞ்சு கீதுன்னா, அவன் வூட்ல அடுப்பும் காஞ்சு கீதுன்னு அர்த்தம் நைனா" என்றார் துலுக்காணம்.

"எனக்குப் புரியுது துலுக்காணம். பாரத்துல அதுக்கு இடமில்ல" என்றார் அகஸ்டின். அதைச் சொல்லும்போது அவருக்கு உண்மையாகவே வெட்கமாக இருந்தது.

ஜூன் மாதம் நல்லசிவம் கோட்டைக்கு அறிக்கை அனுப்பினார். பழைய தளத்தில் நடந்த விபத்து: ஒன்று. புதிய தளத்தில் பணியாளர் விபத்து: இல்லை. மனுதாரர்கள் விழுவதற்குப் படிவத்தில் கட்டம் கிடையாது. விபத்து நூற்றுக்கு நூறு குறைந்ததாகக் கோட்டையிலிருந்து பாராட்டு வந்தது. அதே தபாலில் அகஸ்டினின் பதவி உயர்வு ஆணையும் வந்தது. ஏழாம் நாள் நண்பகலுக்குள் அலுவலகத்தில் நேரில் பொறுப்பேற்க வேண்டும். தவறினால் அடுத்த மூத்தவருக்குப் போகும்.

நல்லசிவம் அறையிலிருந்து கூப்பிட்டார். அகஸ்டின் கடமை நிமித்தம் விரைந்து சென்றார். நிலைதடுமாறினார். இடது கணுக்கால் மளுக்கென்றது. அவர் எழுதிய அறிக்கைகளிலேயே முழுக்க உண்மையானது அந்த இரண்டு பக்கம்தான். கொஞ்சம் முன்கூட்டி எழுதிவிட்டார், அவ்வளவுதான்.

சாயங்காலம் நல்லசிவம் ஒரு கிலோ ஆப்பிளோடு வீட்டுக்கு வந்தார். அகஸ்டின் தலையணைமேல் காலைத் தூக்கி வைத்துப் படுத்திருந்தார்.

"ஆபீஸ்ல விழுந்ததுன்னு எழுதிக் குடுத்தா, பொறுப்பேற்கத் தவணை கிடைக்கும்ல சார்?" என்றாள் அல்போன்சா.

"அதுலதாம்மா கஷ்டம். விபத்தே இல்லைன்னு பாராட்டு வாங்கியாச்சு. அதுவும் போக, அவர் ஆபீஸ்ல பிப்ரவரியிலேயே விழுந்தாச்சு. அதே ஆள், அதே கால். ரெண்டாவது தரம் எழுத முடியாது."

"அது பேப்பர்ல விழுந்தது சார்" என்றார் அகஸ்டின்.

"பேப்பர்ல விழுந்ததுதான் அகஸ்டின் விழுந்தது. இது சும்மா விழுந்தது."

ஆறு நாள் அகஸ்டின் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். நாலு வருஷம் காத்தது, நாலு அங்குலக் கணுக்காலில் போய்விடும் போலிருந்தது. ஏழாம் நாள் காலை அல்போன்சா யாரையும் கேட்கவில்லை. கடற்கரைக்கு நடந்தாள். துலுக்காணத்தையும் இன்னும் மூன்று பேரையும் கூட்டிக்கொண்டு வந்தாள். அவர்கள் அகஸ்டினை ஒரு பிரம்பு நாற்காலியில் உட்கார வைத்து, சாமி தூக்குவது மாதிரி தோளில் ஏற்றிக்கொண்டு தெருவில் புறப்பட்டார்கள்.

மாடிப்படியின் கீழே பியூன் தடுத்தான். நாலு பேருக்கும் உலர்வுச் சீட்டு இல்லை. கையெழுத்துப் போட வேண்டிய தலைமை எழுத்தர் ஆறு நாளாக வரவில்லை.

"வந்திருக்கேன்" என்றார் அகஸ்டின் மேலேயிருந்து.

எட்டுக் கால்களிலும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அகஸ்டின் நாற்காலியிலிருந்து எட்டிப் பார்த்தார். பிறகு நாலு சீட்டிலும், கால்கள் முற்றிலும் உலர்ந்துள்ளன என்று கையெழுத்துப் போட்டார். தலைமை எழுத்தராக அவர் போட்ட கடைசிக் கையெழுத்து அது. முன்னால் தூக்கி வந்த துலுக்காணம் எச்சரிக்கையாக, வாசலில் கிடந்த கோணிச் சாக்கைக் காலாலேயே ஷீட்டின் மேல் தள்ளி விரித்துக்கொண்டே நடந்தார். பன்னிரண்டு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கையில் அகஸ்டின் கண்காணிப்பாளரானார். நல்லசிவம் கை தட்டினார். தூக்கிவந்த நாலு பேரும் தட்டினார்கள்.

இறங்கும்போது துலுக்காணம் தயங்கித் தயங்கிக் கேட்டார். "அந்த ஷீட்டுல மிச்சம் மீதி துண்டு கீதா நைனா? பொண்ணு பாக்க வர்றாங்க. முன்ரூம்ல போட்டா கொஞ்சம் கவுரவமா இருக்கும்."

"பாத்து நடக்கச் சொல்லுங்க" என்று மட்டும் சொல்லி, அகஸ்டின் பியூனிடம் கொடுக்கச் சொன்னார்.

அதற்கப்புறம் வீட்டுக்கு ஆட்கள் வந்தவண்ணம் இருந்தார்கள். மாதா கோயில் பங்கு மக்கள் வந்தார்கள், அல்போன்சா வேலை பார்க்கும் பள்ளிக்கூடத்து டீச்சர்கள் வந்தார்கள். கால் எப்படி இருக்கிறது என்று ஒரு வரி கேட்டுவிட்டு, விழுந்தது அந்தப் புதுத் தரையில்தானே, எந்தக் கடையில் வாங்கினது, கருங்காலி டிசைனும் கிடைக்குமா என்று விசாரித்தார்கள். அல்போன்சா எல்லோருக்கும் சொல்லிச் சொல்லி அலுத்து, கனகராஜ் கடை விலாசத்தை ஒரு தாளில் எழுதி வாசல் கதவில் ஒட்டிவிட்டாள். தங்கள் வீட்டுக் கூடத்தையும் அவள் முழம் போட்டு அளந்து வைத்திருந்தது அகஸ்டினுக்குப் பிறகுதான் தெரிந்தது.

மூன்றாம் வாரம் எலும்பு வைத்தியர் வந்தார். பழைய கட்டைப் பிரித்து, முட்டை வெள்ளைக்கரு தடவிப் புதுக் கட்டுப் போட்டார். இறுக்கி முடிச்சுப் போட்டதும், ஆடி முடியும் வரை கால் ஊன்றக் கூடாது என்று சொன்னார். பையை எடுத்துக்கொண்டு எழுந்தவர், வாசல் வரை போய்த் திரும்பி வந்தார்.

"சார், அந்த ஷீட்டுக் கடை விலாசம் கதவுல பார்த்தேன். நம்ம வைத்தியசாலையில வாசலுக்குப் போடலாம்னு ஒரு யோசனை. எந்த டிசைன் நல்லா இருக்கும்?"

அகஸ்டின் கட்டுப் போட்ட காலைப் பார்த்தார். வைத்தியரைப் பார்த்தார்.

"தேக்கே போடுங்க" என்றார். "அசல் மாதிரியே இருக்கு."