இயேசுவின் தோளில் ஒரு சும்மாடு

எனக்குக் கோர்வையாக எழுத வராது. அஞ்சாவதோடு நின்றவள், மறதியும் ஜாஸ்தி, பொறுத்துக்கொள்ளுங்கள். ஆனால் ஒன்று நிச்சயம்: வெள்ளிமலைக்கு இந்தப் பக்கம் ‘வெல்டிங்’ மாதிரி ஒரு பிடிவாதக்காரர் பிறந்ததே இல்லை. எங்களுக்கு அவர் பெயரே அதுதான். மலையடிவாரத்தில் பட்டறை. கல்யாண வீட்டுக்குக்கூட வெல்டிங் முகமூடியை நெற்றிக்கு மேல் தூக்கிவிட்டுக்கொண்டுதான் வருவார்.

எங்கள் கோயில் சுவரில் மாட்ட, இயேசு சிலுவை சுமந்துபோன சிலுவைப்பாதை பதினான்கு நிலையையும் அவர்தான் செய்தார். எல்லாம் கள்ளக்குறிச்சிக் காயலான் கடையில் பொறுக்கிய கலப்பையும் லாரிப் பட்டையும். ஒருநாள் கோயிலைப் பெருக்கிக்கொண்டே அவரிடம் வாய் தவறிக் கேட்டுவிட்டேன்: “இம்மாம் பாரத்த வெறுந்தோள்ல எப்பிடிப்பா தூக்குவாரு?”

அவர் பட்டறை வழியாகவே இருபது வருஷம் மரவள்ளி மூட்டை சுமந்தவள் நான், அதனால் கேட்டேன். மறுநாள் பார்த்தால், சிலுவைக்கும் இயேசுவின் தோளுக்கும் நடுவே தகட்டைத் துணிபோலச் சுருட்டிச் சும்மாடு வைத்து, பச்சைப் பெயிண்டும் அடித்திருக்கிறார்!

ஃபாதர் பதறிவிட்டார். “வேதத்துல இல்லாதத வைக்கலாமாப்பா? டாக்குமென்டரி எடுக்க மெட்ராஸ்லருந்து வர்றாங்க. அதுக்குள்ள வெட்டிடு.”

“வெட்னா பதினாலயும் கழட்டினு பூடுவேன் சாமி.”

என் வாயால் கோயில் சுவரே காலியாகப் போகிறதே!

படக்காரர்கள் வந்தார்கள். நான் தூணுக்குப் பின்னால் போய்விட்டேன். வெல்டிங், முகமூடியை முகத்தில் இறக்கிவிட்டுக்கொண்டு கேமரா முன்னால் உட்கார்ந்தார்.

“அண்ணே, முகம் தெரியணுமே,” என்றாள் படமெடுத்த பெண்.

“மூஞ்சில இன்னா கீது? சிலுவைய எடும்மா.”

ஃபாதர் மெதுவாக, “அந்தப் பச்சைய மட்டும் எடுக்காதீங்க, அத வெட்டிடுவோம்” என்றார்.

வெல்டிங் எழுந்தார். இன்னும் மாட்டாமல் சாத்தி வைத்திருந்த ஓர் இரும்புச் சிலுவையைத் தூக்கி ஃபாதர் தோளில் வைத்தார். “நாலு அடி நடங்க சாமி.”

இரண்டாவது அடியிலேயே ஃபாதர், “ஐயோ, தோளுக்கு ஒரு துணி குடுங்கப்பா!” என்று கத்திவிட்டார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. சொன்னது உறைத்ததும் அவரே முதலில் சிரித்தார். அதற்கப்புறம் பச்சையை வெட்டும் பேச்சே இல்லை. எனக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

“இத வைக்கச் சொல்லி யாருண்ணே சொன்னாங்க?” என்று கேட்டாள் அந்தப் பெண். நான் தூணோடு ஒட்டிக்கொண்டேன். முகமூடி ஒருதரம் தூண் பக்கம் திரும்பியது.

“செமந்தவங்க யாரோ சொன்னாங்கம்மா.”

படம் வந்தது, பார்த்தேன். என் பெயர் இல்லை. அப்பாடா!

அது இரண்டாம் நிலையா, மூன்றாம் நிலையா என்று எனக்குக் குழப்பம். கோயிலுக்குப் போகிறவர்கள் யாராவது எண்ணிப் பார்த்துத் திருத்திவிடுங்கள். அடையாளம் சுலபம், பச்சைச் சும்மாடு. மூட்டை சுமந்த காலத்தில் நான் சுருட்டி வைத்துக்கொண்ட பழைய புடவையின் அதே பச்சை. எப்போது கவனித்தாரோ மனுஷன்.